கிரீன்லாந்துத் தேர்தல்: சில கேள்விகள், கொஞ்சம் கோபம்

கிரீன்லாந்தைப் பற்றி இரண்டு பத்தி எழுதினாலும் எழுதினேன், கடிதங்கள் குவிந்துவிட்டன. பாதிக்கு மேல் டிரம்ப் புராணம். அவற்றை ஓரமாக வைத்துவிட்டு, அந்தத் தீவின் பொதுத் தேர்தல் வரலாறு சம்பந்தப்பட்ட கேள்விகளை மட்டும் எடுத்துக்கொள்கிறேன். எண்களை வழக்கம்போல் தோராயமாகத்தான் தருவேன், துல்லியம் கேட்டு இன்னொரு கடிதம் போடாதீர்கள். அப்புறம், எப்போதும் சொல்வதுதான்: கிரீன்லாந்துத் தேர்தலில் சதவிகிதத்தைப் பார்க்கும் முன் தலையை எண்ணுங்கள்.

முதல் பொதுத் தேர்தல் எப்போது நடந்தது? (தேனி வாசகர்)

1979 ஏப்ரல் 4. அந்த ஜனவரியில் நடந்த பொது வாக்கெடுப்பில் 70 சதவிகிதம் பேர் உள்நாட்டு ஆட்சிக்கு, அதாவது டென்மார்க்கின் கீழ் இருந்துகொண்டே உள்ளூர் விவகாரங்களைத் தாங்களே பார்த்துக்கொள்வதற்கு, சம்மதம் சொன்னார்கள். ஏப்ரலில் தேர்தல், மே 1-இல் உள்நாட்டு ஆட்சி. மொத்தம் 21 இடங்கள். சியுமுட் கட்சிக்கு 13, அத்தாசுட் கட்சிக்கு 8. சியுமுட்டின் யோனதான் மோட்ஸ்ஃபெல்ட் முதல் பிரதமர் ஆனார். அவர் ஒரு பாதிரியார்.

அதற்கு முன்னால் அங்கே தேர்தலே கிடையாதா? (நாகர்கோவில்)

உண்டு. ஆனால் அதிகாரம் கிடையாது. 1911-இல் வடக்குக்கு ஒன்று, தெற்குக்கு ஒன்று என இரண்டு மன்றங்கள் அமைந்தன. 1951-இல் இரண்டும் ஒன்றாயின. பெண்களுக்கு ஓட்டு 1948-இல்தான் கிடைத்தது, டென்மார்க்கில் பெண்கள் வாக்குரிமை பெற்று 33 ஆண்டுகள் கழித்து. 1953-இல் புதிய டேனிஷ் அரசியல் சட்டம் வந்ததும் கிரீன்லாந்து காலனி என்ற பெயர் போய், கோபன்ஹேகன் நாடாளுமன்றத்தில் அதற்கு இரண்டு இடங்கள் ஒதுக்கப்பட்டன. அந்த இரண்டு இடங்கள் இன்றும் உண்டு. அதற்கு நடப்பது வேறு தேர்தல், இங்கே பேசுவது வேறு தேர்தல். கலக்காதீர்கள்.

கிரீன்லாந்து அதிபர் தேர்தலில் இதுவரை வென்றவர்கள் யார் யார்? (பெயர் போடாத வாசகர்)

ஒருவரும் இல்லை. அங்கே அதிபர் பதவியே கிடையாது. நாட்டுத் தலைவர் டென்மார்க் மன்னர். 31 பேர் கொண்ட மன்றம் பிரதமரைத் தேர்ந்தெடுக்கிறது. கேட்பதற்கு முன் ஒரு நிமிடம் தேடிப் பார்த்திருக்கலாம்.

கட்சிப் பெயர்கள் வாயில் நுழையவில்லை. அர்த்தம் சொல்லுங்களேன். (கும்பகோணம்)

நல்ல கேள்வி, ஏனென்றால் பெயரிலேயே கொள்கை இருக்கிறது. சியுமுட் என்றால் 'முன்னோக்கி'. மிதவாத இடதுசாரி, 1979-இலிருந்து அதிக காலம் ஆண்ட கட்சி. அத்தாசுட் என்றால் 'இணைப்பு', அதாவது டென்மார்க்கோடு. இனுயிட் அத்தகாதிகீட், சுருக்கமாக ஐ.ஏ., இனுயிட் மக்களின் ஒற்றுமை என்ற பொருளில் வைத்த பெயர். இளைஞர்களும் இடதுசாரிகளும் எழுபதுகளில் தொடங்கியது. நலெராக் என்றால் திசை காட்டும் குறி. தெமோக்ராட்டிட்டுக்கு அர்த்தம் வேண்டாம், கேட்டாலே புரியும். மன்றத்தின் பெயர் இனாட்சிசார்டுட், சட்டம் செய்கிறவர்கள்.

2025 மார்ச்சில் கிரீன்லாந்து மக்கள் சுதந்திரம் வேண்டாம் என்று வாக்களித்துவிட்டார்களே, இனி அந்தப் பேச்சு முடிந்தது அல்லவா? (கோவை வாசகர், இதையே தலைகீழாக, 'சுதந்திரத்துக்கு ஆதரவாக' என்று எழுதியவர்கள் நான்கு பேர்)

ஒரே தேர்தலை வைத்து ஐந்து பேர் இரண்டு எதிரெதிர் முடிவுக்கு வந்திருக்கிறீர்கள். தப்பு எங்கே என்று அதிலேயே தெரியவில்லையா?

பொதுத் தேர்தல் வேறு, பொது வாக்கெடுப்பு வேறு. நான் இதைச் சொல்லிச் சொல்லி வாய் வலித்துவிட்டது. ஒருமுறை ஒரு பத்திரிகைக்கு நான் 'கிரீன்லாந்து பொதுத் தேர்தல்' என்று எழுதிக் கொடுத்த கட்டுரை 'விடுதலை வாக்கெடுப்பு' என்ற தலைப்போடு அச்சாகி வந்தது. கேட்டால், 'சார், அப்பத்தான் படிப்பாங்க' என்றார்கள். படித்தவர்கள் எல்லாரும் இன்றைக்கு எனக்குக் கடிதம் எழுதுகிறார்கள் போலிருக்கிறது.

கிரீன்லாந்தின் பெரிய முடிவுகள் எல்லாம் வாக்கெடுப்பில் எடுக்கப்பட்டவை. 1972-இல் ஐரோப்பியப் பொருளாதாரச் சமூகத்தில் (இன்றைய ஐரோப்பிய ஒன்றியத்தின் முன்னோடி) சேரலாமா என்று டென்மார்க் முழுக்க வாக்கெடுப்பு நடந்தது. கிரீன்லாந்தில் 70 சதவிகிதம் பேர் வேண்டாம் என்றார்கள். டென்மார்க் மொத்தமாக வேண்டும் என்றதால் இவர்களும் உள்ளே இழுக்கப்பட்டார்கள். நம் கடலில் வெளிநாட்டு விசைப்படகு வந்து மீனை அள்ளுவதா என்ற கோபம்தான் உள்நாட்டு ஆட்சிக் கோரிக்கைக்கு வேகம் கொடுத்தது. 1979-இல் உள்நாட்டு ஆட்சிக்கு வாக்கெடுப்பு. 1982-இல் ஐரோப்பியச் சமூகத்தை விட்டு வெளியேற வாக்கெடுப்பு. 53 சதவிகிதம் ஆதரவு, 1985-இல் வெளியேறியும் விட்டார்கள். 2008-இல் உள்நாட்டு ஆட்சியைவிட அதிக அதிகாரம் தரும் தன்னாட்சிக்கு வாக்கெடுப்பு, 75 சதவிகிதம் ஆதரவு. அதன்படி வந்த 2009 தன்னாட்சிச் சட்டம், தனிநாடு ஆவதா என்பதைக் கிரீன்லாந்து மக்களே முடிவு செய்வார்கள் என்கிறது. மக்கள் முடிவு செய்தபின் கோபன்ஹேகனோடு பேச்சுவார்த்தை, உடன்பாடு, கிரீன்லாந்து மன்றம், டென்மார்க் நாடாளுமன்றம் இரண்டின் சம்மதம், கிரீன்லாந்தில் வாக்கெடுப்பு. அந்த வாக்கெடுப்பு இன்னும் நடக்கவில்லை.

2025-இல் நடந்தது மருத்துவமனை, வீடு, பள்ளிக்கூடம், மீன்பிடிச் சட்டம் எல்லாம் கலந்த ஒரு சாதாரணப் பொதுத் தேர்தல், வெளியில் அசாதாரணமான சத்தம் இருந்தாலும். அத்தாசுட்டைத் தவிர மற்ற முக்கியக் கட்சிகள் எல்லாமே என்றாவது ஒருநாள் தனிநாடு என்பதை ஏற்றவைதான். சண்டை வேகத்தில். நலெராக் உடனே ஆரம்பி என்கிறது. தெமோக்ராட்டிட் முதலில் பொருளாதாரம் நிற்கட்டும் என்கிறது. டென்மார்க் ஆண்டுக்குக் கிட்டத்தட்ட 400 கோடி குரோனர் (டேனிஷ் நாணயம்) தருகிறது, அரசுச் செலவில் ஏறக்குறைய பாதி. ஏற்றுமதியில் பத்துக்கு ஒன்பது பங்கு மீன். இந்தக் கணக்கை வைத்துக்கொண்டு ஒருவன் 'கொஞ்சம் பொறு' என்றால் அவன் விடுதலை வேண்டாம் என்கிறான் என்று அர்த்தமா? மெதுவாகப் போகச் சொன்ன கட்சி 10 இடம் பிடித்தது, உடனே போகச் சொன்ன கட்சி 8 இடம் பிடித்தது. இரண்டுமே முன்பு இருந்ததைவிடப் பெரிதாக வளர்ந்தன. இதில் யார் தோற்றார்கள் என்றால், அதுவரை ஆண்டுகொண்டிருந்த ஐ.ஏ.வும் சியுமுட்டும்தான். ஐ.ஏ. 12-இலிருந்து 7, சியுமுட் 10-இலிருந்து 4. ஆளுங்கட்சி மேல் கோபம் என்பது உலகத்தில் எங்கேயும் நடப்பது.

தேர்தலுக்குப் பின் நலெராக்கைத் தவிர மற்ற நான்கு கட்சிகளும் சேர்ந்து 23 பேரோடு ஆட்சி அமைத்தன. பிரதமர் யென்ஸ் ஃபிரெடெரிக் நீல்சனுக்கு அப்போது வயது 33. அத்தாசுட்டும் ஐ.ஏ.வும் ஒரே அரசில் உட்கார்ந்தது உள்ளூர் அரசியல் தெரிந்தவர்களுக்குத்தான் பெரிய செய்தி. அதைப் பற்றி ஒருவரும் கேட்கவில்லை.

31 இடங்களை எப்படிப் பிரிக்கிறார்கள்? தொகுதி உண்டா? (சேலம்)

தீவு முழுவதும் ஒரே தொகுதி. டோன்ட் முறை. ஒவ்வொரு கட்சியின் ஓட்டையும் 1, 2, 3 என்று வகுத்துக்கொண்டே போய், பெரிய ஈவுகளாக 31 எடுப்பார்கள்.

2025-இல் வாக்குச்சாவடி மூடும்போது நமக்கு அதிகாலை மூன்றரை. பல் துலக்காமல் காலண்டர் பின்பக்கத்தில் கணக்குப் போட்டுக்கொண்டிருந்தேன். தெமோக்ராட்டிட் சுமார் 8,560 ஓட்டு. பத்தால் வகுத்தால் 856. சியுமுட் சுமார் 4,210. ஐந்தால் வகுத்தால் 842. கடைசி இடம் 856-க்குப் போனது. சியுமுட்டுக்கு இன்னும் எழுபத்தைந்து பேர் ஓட்டுப் போட்டிருந்தால் முடிவு தெமோக்ராட்டிட் 9, சியுமுட் 5 என்று இருந்திருக்கும், பத்திரிகைகளில் சியுமுட்டின் 'படுதோல்வி' கொஞ்சம் சின்னதாகியிருக்கும். மொத்த வாக்காளர்களே 40,000 சொச்சம். தமிழ்நாட்டில் ஒரு சட்டமன்றத் தொகுதியிலேயே இரண்டு லட்சத்துக்கு மேல் இருப்பார்கள். தலையை எண்ணுங்கள் என்று நான் கத்துவது இதனால்தான்.

ஐஸ்லாந்தில் 1979-இல் ஏன் டென்மார்க்கிடம் அனுமதி கேட்டார்கள்? (திருப்பூர்)

கேட்கவில்லை. ஐஸ்லாந்து 1944-லேயே குடியரசு. நீங்கள் கேட்பது பக்கத்துத் தீவு.

ஆட்சி அடிக்கடி கவிழ்கிறதே, நிலையான அரசே அமையாதா? (திருச்சி)

'அடிக்கடி' என்று சொல்ல எதை வைத்து முடிவு செய்தீர்களோ. மன்றத்தின் காலம் நான்கு ஆண்டு, ஆனால் முன்கூட்டியே கலைக்கலாம். 1983 தேர்தலில் சியுமுட்டும் அத்தாசுட்டும் சம இடங்கள் பிடித்தன, அடுத்த ஆண்டே மறுபடி தேர்தல். 1987-இல் வடக்கே துலேயிலிருந்த அமெரிக்க ராணுவத் தளத்தின் ராடார் விவகாரத்தில் சியுமுட்–ஐ.ஏ. கூட்டணி உடைந்து தேர்தல் வந்தது. அமெரிக்கா அங்கே அரசியலைக் கலக்குவது 2025-இல் புதிதாகக் கண்டுபிடித்த விஷயம் இல்லை. 2014-இல் அலேகா ஹம்மண்ட், அந்த நாட்டின் முதல் பெண் பிரதமர், சொந்தப் பயணச் செலவுக்கு அரசுப் பணத்தில் சுமார் ஒரு லட்சம் குரோனர் எடுத்தது வெளியே வந்து பதவி இழந்தார். அதைத் தொடர்ந்த தேர்தலில் சியுமுட்டுக்கும் ஐ.ஏ.வுக்கும் ஆளுக்கு 11.

எனக்குப் பிடித்தது 2003 ஜனவரி. தேர்தல் முடிந்து ஒரு மாதம்தான். அரசு அலுவலகத்தில் கெட்ட ஆவி இருக்கிறது என்று உயர் அதிகாரி ஒருவர் மந்திரிப்பவரை அழைத்து வந்து ஓட்டச் சொன்னார். ஆவி போனதா தெரியாது, சியுமுட்டோடு இருந்த கூட்டணியை விட்டு ஐ.ஏ. போய்விட்டது. சியுமுட் அத்தாசுட்டைச் சேர்த்துக்கொண்டது. தேர்தல் நடக்கவில்லை, ஆகவே இதைத் தேர்தல் பட்டியலில் சேர்க்காதீர்கள்.

2021 தேர்தலை 'யுரேனியத் தேர்தல்' என்கிறார்களே? (வேலூர்)

அதை ஒத்துக்கொள்கிறேன். தெற்கே நார்சாக் ஊருக்குப் பக்கத்தில் குவானெஃபியெல் மலை. அரிய மண் தாதுவோடு யுரேனியமும் சேர்ந்து கிடக்கிறது. 2013-இல் யுரேனியம் தோண்டத் தடை நீக்கப்பட்டது, 15-க்கு 14 என்ற ஓட்டில். 2021-இல் அந்தச் சுரங்கத் திட்டம் சூடு பிடித்தபோது தெமோக்ராட்டிட் அரசை விட்டு விலகியது, தேர்தல் வந்தது. சுரங்கம் வேண்டாம் என்று சொன்ன ஐ.ஏ. 12 இடம் பிடித்து மூட்டே எகடே பிரதமரானார். அந்த ஆண்டே தடையும் திரும்ப வந்தது. ஆனால் இதையும் வாக்கெடுப்பு என்று எழுதிவிடாதீர்கள், கெஞ்சிக் கேட்டுக்கொள்கிறேன்.

பனியில் மக்கள் எப்படி ஓட்டுப் போடுவார்கள்? ஊர்களுக்கு நடுவே சாலையே இல்லையாமே? (மயிலாடுதுறை)

இல்லைதான். ஓர் ஊரிலிருந்து இன்னோர் ஊருக்குப் போக விமானம், ஹெலிகாப்டர், படகு; வடக்கே நாய்ச் சறுக்குவண்டி. அதனால் வாக்காளரைச் சாவடிக்கு வரச் சொல்வதில்லை, சாவடி ஊருக்கு வருகிறது. 2025-இல் 72 சாவடிகள். தலைநகர் நூக்கில் மட்டும் கூட்டம் ஒரு விளையாட்டு அரங்கில் வரிசையில் நின்றது. தேர்தல் அறிவித்ததிலிருந்து ஓட்டு நாள்வரை ஐந்தே வாரம்.

என் தம்பி நூக்கில் ஹோட்டலில் வேலை பார்க்கிறான். ஓட்டுப் போடலாமா? (சிவகாசி)

டேனிஷ் குடியுரிமை வேண்டும், 18 வயது ஆகியிருக்க வேண்டும், ஆறு மாதமாவது கிரீன்லாந்தில் குடியிருக்க வேண்டும். முதலாவது இல்லையென்றால் மற்றது இரண்டும் இருந்து பயனில்லை.

அடுத்த பொதுத் தேர்தல் எப்போது? (மதுரை)

2029 வசந்தத்துக்குள். அதற்கு முன்பே வந்தாலும் ஆச்சரியப்படாதீர்கள். வந்தால் பேப்பர் பேனாவோடு அதிகாலை மூன்று மணிக்கு உட்கார்ந்து வகுத்துப் பாருங்கள், அப்புறம் எழுதுங்கள்.