கைக்குழந்தைக்கு இளைப்புச் சளி: ஆன்டிபயாடிக் கொடுக்கலாமா?

கேள்வி: பர்மாவில், மோல்மீனில் வசிக்கிறோம். எங்கள் மகளுக்கு ஐந்து மாதம் முடிந்திருக்கிறது. மழை தொடங்கியதும் மூக்கொழுகல் வந்தது; மூன்றாம் நாள் இருமலும், மூச்சு விடும்போது விசில் போன்ற சத்தமும் சேர்ந்துகொண்டன. கிளினிக்கில் பார்த்த மருத்துவர் பிராங்கியோலைட்டிஸ் என்று சொல்லி, மூக்குக்கு உப்புநீர்ச் சொட்டு மட்டும் தந்தார். மனம் கேட்காமல் மருந்துக் கடையில் அமாக்சிசிலின் சிரப் வாங்கி இரண்டு நாள் கொடுத்தோம்; குறையவில்லை. அசித்ரோமைசின் கொடுத்தால் சளி முறிந்துவிடும் என்கிறார் கடைக்காரர். கொழுந்தனார் பிள்ளைக்கு அதில்தான் குணமானது என்று மாமியாரும் சொல்கிறார். மாற்றிக் கொடுக்கலாமா? தொடங்கிய மருந்தைப் பாதியில் நிறுத்தலாமா?

பதில்: அசித்ரோமைசின் வேண்டாம். உங்கள் குழந்தையைக் கையால் தொட்டு, மார்பில் ஸ்டெதாஸ்கோப் வைத்துப் பார்த்த மருத்துவர் ஆன்டிபயாடிக் எழுதாமல் அனுப்பியது கவனக்குறைவினால் அல்ல. இந்த நோய்க்கு உலகெங்கும் சொல்லப்படும் முறையே அதுதான். அமாக்சிசிலின் கேட்காததற்குக் காரணம் அதன் பலம் போதாமையும் அல்ல. நோயை உண்டாக்கியது வைரஸ். ஆன்டிபயாடிக் எவ்வளவு பலமானதாக இருந்தாலும் பாக்டீரியாவை மட்டுமே தாக்கும்.

பிராங்கியோலைட்டிஸ் என்பது நுரையீரலுக்குள் காற்றைக் கொண்டுசெல்லும் மிகச் சிறிய குழாய்கள் வீங்கிச் சளியால் அடைபடுவது. இரண்டு வயதுக்குட்பட்டவர்களுக்கே, அதிலும் பெரும்பாலும் ஓராண்டு நிரம்பாத குழந்தைகளுக்கே வரும். ஆர்.எஸ்.வி. என்ற வைரஸ்தான் பெரும்பான்மைக்குக் காரணம். 1956-இல் முதலில் சிம்பன்சிக் குரங்குகளில் கண்டறியப்பட்டு, அடுத்த ஆண்டே குழந்தைகளிடமும் கண்டுபிடிக்கப்பட்டது. ரைனோ வைரஸ், மெட்டாநிமோ வைரஸ் போன்றவையும் இதே தொல்லையைத் தரும். பர்மாவில் மழைக்காலத்தில் இது பெருகுவதை ஒவ்வோராண்டும் காண்கிறோம். பெரியவருக்கு வெறும் ஜலதோஷமாகக் கழியும் அதே வைரஸ் ஐந்து மாதக் குழந்தைக்கு மூச்சுத் திணறலாக மாறுவதற்கு, அக்குழந்தையின் குழாய்கள் மிகக் குறுகலாக இருப்பதே காரணம்.

ஆன்டிபயாடிக் இதில் உதவுமா என்பது முறையாகச் சோதித்துப் பார்க்கப்பட்ட கேள்வி. மருத்துவச் சோதனைகளைத் தொகுத்து மதிப்பிடும் பன்னாட்டு அமைப்பான காக்ரேன் 2014-இல் வெளியிட்ட தொகுப்பாய்வு, மொத்தம் 824 குழந்தைகள் பங்கேற்ற 7 மருத்துவச் சோதனைகளை ஒன்றாக வைத்து ஆராய்ந்தது. வழக்கமாகக் கொடுப்பதற்கு ஆதாரம் போதாது என்பதே அதன் முடிவு. கிளாரித்ரோமைசினைப் பற்றிய சிறியதொரு சோதனை சாதகமாக இருந்தது உண்மை. ஆனால் அதே குடும்பத்தைச் சேர்ந்த அசித்ரோமைசினைக் கொடுத்துப் பார்த்த சோதனைகளில் அந்தப் பயன் தென்படவில்லை. அமெரிக்கக் குழந்தை மருத்துவ அகாதெமி 2014-இலும், இங்கிலாந்தின் நைஸ் நிறுவனம் 2015-இலும் வெளியிட்ட வழிகாட்டுதல்கள் இரண்டுமே பிராங்கியோலைட்டிஸுக்கு ஆன்டிபயாடிக் கொடுக்க வேண்டாம் என்றே கூறுகின்றன. பல பெற்றோர் கேட்டு வாங்கும் சால்பூட்டமால் நெபுலைசரையும் (மூச்சுக்குழாயை விரிக்கும் மருந்தைப் புகைபோல் உள்ளிழுக்கத் தரும் கருவி) ஸ்டீராய்டு மருந்தையும் அவை பரிந்துரைப்பதில்லை.

அப்படியானால் உங்கள் கொழுந்தனார் பிள்ளைக்கு எப்படிக் குணமானது? உங்கள் மாமியார் கண்டது பொய்யல்ல. இந்த நோய்க்கு ஒரு நடை உண்டு: முதல் இரண்டு மூன்று நாள் மூக்கொழுகல், பிறகு இருமலும் இளைப்பும், மூன்றாம் நாளிலிருந்து ஐந்தாம் நாள்வரை உச்சம், அதன்பின் மெதுவான இறக்கம். எந்தத் தாயும் குழந்தைக்கு மிக மோசமாக இருக்கும் நான்காம், ஐந்தாம் நாளில்தான் கடைக்கு ஓடுகிறாள். அன்று எந்தப் பாட்டிலை வாங்கினாலும் பெரும்பாலும் சில நாளில் குழந்தை தேறத் தொடங்கும். பெயர் மட்டும் மருந்துக்குப் போய்ச் சேரும். உங்கள் குழந்தை இப்போது அந்த உச்ச நாட்களில் இருப்பதாகவே நீங்கள் எழுதியிருப்பதிலிருந்து தெரிகிறது.

தீங்கில்லையே, கொடுத்துத்தான் பார்ப்போமே என்று நினைப்பவர்களுக்காக இதையும் சொல்ல வேண்டும். அமாக்சிசிலின் பல குழந்தைகளுக்கு வயிற்றுப்போக்கை உண்டாக்கும்; ஏற்கெனவே பால் குடிக்கத் திணறும் குழந்தைக்கு நீரிழப்பு மிகவும் ஆபத்தானது. தோலில் தடிப்பும் வாயில் வெண்புண்ணும் வரலாம். அசித்ரோமைசினைப் பிறந்து ஆறு வாரத்துக்குள் கொடுத்தால் இரைப்பையின் வாய் தடித்து அடைபடும் கோளாறு ஏற்படும் வாய்ப்புக் கூடுகிறது. இவை எல்லாவற்றையும்விட, தேவையின்றிக் கொடுக்கும் ஒவ்வொரு முறையும் குழந்தையின் உடலிலுள்ள பாக்டீரியாக்கள் அம்மருந்துக்குப் பழகிவிடுகின்றன. நாளை உண்மையாகவே நிமோனியா வரும்போது அது கைகொடுக்காமல் போகக்கூடும். சீட்டில்லாமலே எல்லாம் கிடைக்கும் நம் கடைவீதிகளில் இந்தக் கவலை கூடுதலாக இருக்க வேண்டும். என்னென்ன மாத்திரைகள் கலந்திருக்கின்றன என்று தெரியாத பொட்டலங்களைக் கைக்குழந்தைக்கு எந்தச் சூழ்நிலையிலும் கொடுக்காதீர்கள்.

ஆன்டிபயாடிக் தேவைப்படும் நிலைகளும் உண்டு. அவற்றை மருத்துவர் பார்த்துத்தான் தீர்மானிக்க முடியும். வைரஸோடு பாக்டீரியா நிமோனியாவோ காதுச் சீழோ சேர்ந்திருக்கலாம். இடைவிடாத இருமலில் முகம் நீலமாகி வாந்தியில் முடிந்தால் அது கக்குவான் இருமலாக இருக்கலாம். அதற்கு அசித்ரோமைசின் சரியான மருந்தே. மூன்று மாதத்துக்குட்பட்ட குழந்தைக்கு 38 டிகிரி செல்சியஸ் காய்ச்சல் வந்தால், சளி இருந்தாலும் இல்லாவிட்டாலும் அன்றே காட்ட வேண்டும். மூச்சு வேகமாக உள்ள குழந்தைக்கு அமாக்சிசிலின் கொடுக்கும்படி சுகாதாரப் பணியாளர்களுக்குக் கற்பிக்கப்பட்டிருப்பதைச் சிலர் பார்த்திருப்பீர்கள்; எக்ஸ்ரேயும் மருத்துவரும் இல்லாத இடங்களில் நிமோனியாவைத் தவறவிடக் கூடாது என்பதற்காக உலக சுகாதார நிறுவனம் வகுத்த முறை அது. மருத்துவர் பரிசோதித்துப் பிராங்கியோலைட்டிஸ் என்று சொன்ன குழந்தைக்கு அதைப் பொருத்திப் பார்க்க வேண்டியதில்லை. மூக்குச்சளி மஞ்சளாகவோ பச்சையாகவோ மாறுவது பாக்டீரியாவுக்கு அடையாளம் அல்ல என்பதையும் நினைவில் கொள்ளுங்கள்.

வீட்டில் நீங்கள் செய்ய வேண்டியது பாலும் மூக்கும். கைக்குழந்தை பெரும்பாலும் மூக்கால்தான் மூச்சு விடும். மூக்கு அடைத்திருந்தால் மார்பைப் பற்றியதுமே விட்டுவிட்டு அழும். பால் கொடுப்பதற்குச் சற்று முன்பு இரு நாசியிலும் உப்புநீர்ச் சொட்டு விட்டு, சளி இளகியதும் மெல்லிய துணியால் துடைத்து, அல்லது ரப்பர் பல்பால் மூக்கின் வாசலில் மட்டும் உறிஞ்சி எடுத்துவிட்டுக் கொடுங்கள். ஒரே தடவையில் வயிறு நிறையக் கொடுக்க முயலாமல், குறைவாகவும் அடிக்கடியும் கொடுங்கள். காய்ச்சல் இருந்தால் எடைக்கேற்ற அளவில் பாராசிட்டமால் போதும். இருமல் சிரப்பும் தேனும் இந்த வயதில் கூடாது. தேங்காயெண்ணெயில் கற்பூரம் காய்ச்சி நெஞ்சில் தடவுவதையும், குளிப்பாட்டியபின் சாம்பிராணிப் புகை காட்டுவதையும் தயவுசெய்து நிறுத்துங்கள். பாசத்தோடு செய்வதுதான், ஆனால் கற்பூரம் குழந்தைக்கு நஞ்சாகும், புகை வீங்கிய குழாயை மேலும் எரிச்சலூட்டும். சுருட்டு, கொசுவர்த்தி, கரியடுப்பு எதுவும் குழந்தை இருக்கும் அறையில் வேண்டாம்.

அடுத்தது மூச்சை எண்ணுவது. குழந்தை தூங்கும்போதோ அமைதியாக இருக்கும்போதோ சட்டையை மார்புக்கு மேல் தூக்கிவிட்டு, வயிறு எழும்பித் தாழ்வதை ஒருமுறை என்று வைத்து, கடிகாரம் பார்த்து முழு ஒரு நிமிடம் எண்ணுங்கள். கைக்குழந்தையின் மூச்சு சீராக இராது என்பதால் கால் நிமிடம் எண்ணி நான்கால் பெருக்குவது ஏமாற்றும். ஐந்து மாதக் குழந்தைக்கு 50-ஐ எட்டினால் அன்றே மருத்துவரிடம் காட்டுங்கள். 60-ஐத் தாண்டினாலோ, ஒவ்வொரு மூச்சிலும் விலாவுக்குக் கீழே சதை உள்ளே குழிந்தாலோ, வழக்கத்தில் பாதிப் பால்கூடக் குடிக்காவிட்டாலோ, பன்னிரண்டு மணி நேரமாகச் சிறுநீர் கழிக்காவிட்டாலோ மருத்துவமனைக்குச் செல்லுங்கள். முனகலோடு மூச்சு விடுதல், இடையில் மூச்சு நின்று நின்று வருதல், உதடோ நாக்கோ நீலமாதல், எழுப்பினாலும் துவண்டு கிடத்தல் ஆகியவை ஒரு நிமிடமும் தாமதிக்கக் கூடாத அறிகுறிகள். அங்கே உயிர் காப்பது ஆக்சிஜனும், குழாய் வழியாகவோ நரம்பு வழியாகவோ ஏற்றும் திரவமும்தான். குறைமாதத்தில் பிறந்த குழந்தை, பிறவி இதயக் கோளாறுள்ள குழந்தை, மூன்று மாதம் நிரம்பாத குழந்தை ஆகியோர் விஷயத்தில் இன்னும் முன்கூட்டியே புறப்படுங்கள். இரவில் வண்டி கிடைக்காத இடத்தில் இருப்பவர்கள் மாலை வெளிச்சம் இருக்கும்போதே ஒருமுறை எண்ணிப் பார்த்து முடிவெடுப்பது நல்லது.

தொடங்கிய மருந்தைப் பற்றிக் கேட்டீர்கள். பாதியில் நிறுத்தக் கூடாது என்னும் விதி, மருத்துவர் ஒரு பாக்டீரியா நோய்க்கென்று எழுதித் தந்த மருந்துக்கு உரியது. தேவையே இல்லாத மருந்தை முடித்துத் தீர்ப்பதால் நன்மை இல்லை. சிரப் கொடுத்ததை மறைக்காமல் பாட்டிலோடு அதே மருத்துவரிடம் நாளை போய், காதையும் நெஞ்சையும் மறுபடி பார்க்கச் சொல்லுங்கள். பிராங்கியோலைட்டிஸ் மட்டுமே என்று அவர் உறுதி செய்தால் அன்றே நிறுத்திவிடலாம். நீர் கலந்த சிரப் சில நாட்களிலேயே வீரியம் இழக்கும் என்பதால், அடுத்த பிள்ளைக்கு உதவும் என்று மிச்சத்தை எடுத்து வைக்காதீர்கள். இளைப்பு அடங்கிய பிறகும் இருமல் மூன்று வாரம்வரை தொடரக்கூடும். அந்த நாட்களில் பால் நன்றாகக் குடித்து, சிரித்து விளையாடினால் எந்த மருந்தும் வேண்டாம். தேறிய குழந்தைக்கு மீண்டும் கடுங்காய்ச்சல் வந்தாலோ மூச்சு வேகம் கூடினாலோ, அதைப் புதிய நோயாகக் கருதி உடனே காட்டுங்கள்.