மண்டலத் தலைவருக்கு நாம் ஓட்டுப் போடுகிறோமா? மாநகராட்சித் தேர்தல் கேள்வி-பதில்

சென்னை மாநகராட்சித் தேர்தல் பற்றி வாசகர்கள் அனுப்பிய கேள்விகளில் சிலவற்றை இந்த முறை எடுத்துக்கொண்டேன். ஓட்டுக் கேட்டு வாசலுக்கு வருகிறவரால் உண்மையில் என்ன செய்ய முடியும் என்பதைத்தான் பலரும் கேட்டிருக்கிறார்கள்.

மண்டலக் குழுத் தலைவர் பதவிக்கு யார் நிற்கிறார்கள் என்று எங்கே தெரிந்துகொள்வது? ஓட்டு மெஷினில் அப்படி ஒரு பெயரே இல்லையே? (மயிலாப்பூர் வாசகர்)

இருக்காது. நீங்கள் ஓட்டுப் போடுவது உங்கள் வார்டு கவுன்சிலருக்கு மட்டும்தான். மேயர், துணை மேயர், மண்டலக் குழுத் தலைவர் ஆகியோரைக் கவுன்சிலர்கள் தங்களுக்குள் தேர்ந்தெடுக்கிறார்கள். 2022 தேர்தலின்போது சென்னையில் 200 வார்டுகள், 15 மண்டலங்கள். உங்கள் தேனாம்பேட்டை மண்டலத்தில் 109 முதல் 126 வரை 18 வார்டுகள். அந்த 18 பேர் யாரை விரும்புகிறார்களோ அவர்தான் தலைவர்.

எல்லாத் தேர்தலிலும் இப்படி இருந்ததில்லை. 1996, 2001, 2011 தேர்தல்களில் சென்னை மேயரை மக்களே நேரடியாகத் தேர்ந்தெடுத்தார்கள். 2019 நவம்பரில் வந்த அவசரச் சட்டம், கவுன்சிலர்களே தேர்ந்தெடுக்கும் மறைமுகத் தேர்தலை மீண்டும் கொண்டுவந்தது. 2022-ல் பிப்ரவரி 19 அன்று மக்கள் ஓட்டுப் போட்டார்கள். மார்ச் 4 அன்று கவுன்சிலர்கள் மேயரைத் தேர்ந்தெடுத்தார்கள். இடைப்பட்ட அந்த இரண்டு வாரத்தில் நடந்த பேச்சுவார்த்தையில் வாக்காளருக்கு எந்தப் பங்கும் இல்லை. இது எனக்குச் சரியாகப் படவில்லை. சட்டம் மாறும்வரை நம் கையில் இருப்பது ஒரு கேள்விதான். பிரசாரத்துக்கு வரும் வேட்பாளரை நிறுத்தி, "மண்டலத் தலைவர் தேர்தலில் யாருக்கு ஓட்டுப் போடுவீர்கள்? நீங்களே நிற்பீர்களா?" என்று கேளுங்கள். "கட்சி சொல்வதைச் செய்வேன்" என்று பதில் வந்தால், அதுவும் தெரிந்துகொள்ள வேண்டிய விஷயம்தான்.

எங்கள் தெருவில் மழை பெய்தால் சாக்கடை பொங்கி வீட்டுக்குள் வருகிறது. ஜெயித்தால் மூன்றே மாதத்தில் சரிசெய்வேன் என்கிறார் ஒரு வேட்பாளர். நம்பலாமா? (வியாசர்பாடி வாசகி)

முதலில் தெருவில் இறங்கிப் பாருங்கள் அம்மா. சாலையின் நடுவில் வட்ட மூடி போட்டிருப்பது பாதாளச் சாக்கடை. அது குடிநீர் வாரியத்துடையது. ஓரமாகக் கான்கிரீட் பலகை மூடிய கால்வாய், மழைநீர் வடிகால். அது மாநகராட்சியுடையது. வடிகாலில் தூர் வாரவில்லை என்றால் கவுன்சிலர் மண்டல அலுவலகத்தில் உட்கார்ந்து கேட்கலாம், மண்டலக் குழுக் கூட்டத்தில் தீர்மானமாகவே கொண்டுவரலாம். நடு மூடி பொங்கினால் அவர் வாரியத்திடம் முறையிடத்தான் முடியும், உத்தரவு போட முடியாது. பல வீடுகளின் கழிவுநீர்க் குழாயைத் திருட்டுத்தனமாக மழைநீர் வடிகாலில் சேர்த்திருப்பார்கள். அப்போது இரண்டு துறையும் ஒன்றை ஒன்று கைகாட்டும். அந்த இணைப்புகளைத் துண்டிக்க வைப்பேன் என்று சொல்லும் தைரியம் வேட்பாளருக்கு உண்டா என்று கேளுங்கள். துண்டிக்கப்படும் வீடுகளிலும் ஓட்டு இருக்கிறது என்பதால் பலர் அந்தப் பேச்சையே எடுக்க மாட்டார்கள்.

சாலையும் அப்படித்தான். உட்புறச் சாலைகளை மண்டலம் பார்க்கிறது. பேருந்து ஓடும் சாலைகளுக்கு மாநகராட்சியில் தனித் துறை. சில பெரிய சாலைகள் நெடுஞ்சாலைத் துறை வசம். மின்சாரம் மின்வாரியத்துடையது. எது யாருடையது என்று பிரித்துச் சொல்லத் தெரிந்த வேட்பாளரை நான் கூடுதலாக மதிப்பேன். எல்லாவற்றுக்கும் ஒரே மூச்சில் வாக்குறுதி தருபவர் வேலையைப் படித்துக்கொண்டு வரவில்லை.

சுயேச்சையாக நிற்க விரும்புகிறேன். தகுதி, செலவு என்ன? (அம்பத்தூர் வாசகர்)

21 வயது நிரம்பியிருக்க வேண்டும். மாநகராட்சியின் ஏதாவது ஒரு வார்டு வாக்காளர் பட்டியலில் பெயர் இருக்க வேண்டும். முன்மொழிபவர் நீங்கள் நிற்கும் வார்டின் வாக்காளராக இருக்க வேண்டும். 2022-ல் டெபாசிட் 4,000 ரூபாய், பட்டியல் சாதி, பழங்குடியினருக்கு 2,000. சொத்துவரி பாக்கி இருந்தால் முதலில் கட்டி ரசீதைக் கையில் வைத்துக்கொள்ளுங்கள். தேர்தல் முடிந்ததும் செலவுக் கணக்கை மறக்காமல் தாக்கல் செய்யுங்கள். தோற்றவர்களுக்கும் அது கட்டாயம்.

ஜெயிக்க முடியுமா என்றும் கேட்டிருக்கிறீர்கள். 2022-ல் 200 இடங்களில் திமுக 153, அதிமுக 15, காங்கிரஸ் 13, சுயேச்சைகள் 5. குறைவுதான், ஆனால் பூஜ்யம் இல்லை. அந்தத் தேர்தலில் சென்னையில் பதிவானது சுமார் 43 சதவீதம்தான். ஓட்டுப் போடாமல் வீட்டில் இருந்தவர்களை வாக்குச்சாவடிக்கு வரவைக்க முடிந்தால் உங்களுக்கு வாய்ப்பு இருக்கிறது.

பெண்கள் வார்டு என்கிறார்கள், ஆனால் போஸ்டரில் கணவர் படம்தான் பெரிதாக இருக்கிறது. என்ன செய்வது? (திருவொற்றியூர் வாசகி)

2016-ல் உள்ளாட்சியில் பெண்களுக்கான ஒதுக்கீடு 50 சதவீதமானது. பட்டியல் சாதிப் பெண்ணுக்கு ஒதுக்கப்பட்டதால்தான் 2022-ல் ஆர். பிரியா 28 வயதில் மேயரானார். எத்தனையோ பெண்கள் கூட்டத்தில் எழுந்து நின்று அதிகாரியைக் கேள்வி கேட்கிறார்கள். அவர்களையும் சேர்த்துக் கொச்சைப்படுத்துகிறது இந்தப் போஸ்டர் கலாசாரம். பிரசாரத்துக்கு வரும்போது கணவரிடம் பேசாதீர்கள். வேட்பாளரிடமே கேள்வி கேளுங்கள், பதில் வரும்வரை காத்திருங்கள். ஜெயித்த பிறகும் புகாரை அவர் கையிலேயே கொடுங்கள்.

வேட்பாளர்மீது வழக்கு இருக்கிறதா என்று எப்படிப் பார்ப்பது? (வேளச்சேரி வாசகர்)

வேட்புமனுவோடு வழக்கு, சொத்து, கல்வி விவரங்களைப் பிரமாணப் பத்திரமாகத் தர வேண்டும். மாநிலத் தேர்தல் ஆணையத்தின் இணையதளத்தில் தேடுங்கள். இந்திய தேர்தல் ஆணையத்தின் தளத்தில் கிடைக்காது, உள்ளாட்சித் தேர்தலை நடத்துவது அவர்கள் இல்லை.

ஓட்டுப் போட்ட பிறகு ஐந்து வருஷம் காத்திருப்பதைத் தவிர வேறு வழியே இல்லையா? (மாதவரம் வாசகர்)

இருக்கிறது. நகர்ப்புறத்தில் பகுதி சபைக் கூட்டங்கள் 2022 நவம்பர் 1 அன்று தொடங்கின. கிராம சபை போலத்தான், ஆனால் உங்கள் வார்டின் ஒரு பகுதிக்கு மட்டும். எப்போது நடக்கிறது என்று கவுன்சிலர் அலுவலகத்தில் கேளுங்கள். போகும்போது அக்கம்பக்கத்தில் நாலு பேரைக் கூட்டிக்கொண்டு போங்கள். கோரிக்கையை எழுத்தில் கொடுத்து, அது தீர்மானப் பதிவேட்டில் ஏறியதா என்று பார்த்துவிட்டு வெளியே வாருங்கள்.