ராஜினாமா செய்துவிட்டு ‘கன்சல்டன்ட்’ ஆகலாமா?

கேள்வி: கோவையில் ஒரு மென்பொருள் நிறுவனத்தில் 4 ஆண்டு 5 மாதமாகப் பணிபுரிகிறேன். மாதச் சம்பளம் 60,000 ரூபாய். அதில் அடிப்படைச் சம்பளம் 30,000. மகப்பேறு விடுப்பு முடிந்து திரும்பியதும், வீட்டிலிருந்து வேலை செய்யவோ வேலை நேரத்தைக் குறைத்துக்கொள்ளவோ அனுமதி கேட்டேன். ராஜினாமா கொடுத்துவிட்டு அதே 60,000 ரூபாய்க்குக் ‘கன்சல்டன்ட்’ ஆகச் சேர்ந்தால் வீட்டிலிருந்தே செய்யலாம் என்கிறது எச்.ஆர். பிரிவு. ஒப்பந்த வரைவை இணைத்துள்ளேன். பி.எஃப். விட்டுப்போகாமல் இருக்க ஓர் ஏஜென்சியின் பெயரில் சேர்ந்துகொள்ளலாம் என்கிறாள் தோழி. எது நல்லது?

பதில்: இரண்டும் வேண்டாம். நீங்கள் கேட்டது வேலை செய்யும் இடத்தையும் நேரத்தையும் மாற்றித் தருமாறு; நிறுவனம் உங்களிடம் கேட்பதோ வேலையையே விட்டுக்கொடுக்குமாறு. எனவே ராஜினாமா கடிதத்தில் கையெழுத்துப் போடாதீர்கள்.

வரைவைப் படித்தேன். காலை 9.30 முதல் மாலை 6.30 வரை ‘லாகின்’ செய்திருக்க வேண்டும், விடுப்புக்கு டீம் லீடரின் முன் அனுமதி வேண்டும், வேறு யாருக்கும் வேலை செய்யக் கூடாது, லேப்டாப் நிறுவனத்துடையது என்றெல்லாம் வரிசையாகச் சொல்லிவிட்டு, கடைசியில் ‘இரு தரப்புக்கும் இடையே முதலாளி–ஊழியர் உறவு இல்லை’ என்று ஒரு வரியைச் சேர்த்திருக்கிறார்கள். நீதிமன்றங்கள் அந்தக் கடைசி வரியை மட்டும் பார்த்துத் தீர்ப்புச் சொல்வதில்லை. வேலையை யார் ஏவுகிறார், யார் மேற்பார்க்கிறார் என்றே பார்க்கின்றன. சில்வர் ஜூபிலி தையலகம் வழக்கில், தைத்த உருப்படிக்குக் கூலி வாங்கியவர்களும் வேலை நேரத்தில் கட்டாயம் இல்லாதவர்களுமான தையற்காரர்களை ஊழியர்களே என்று 1973-ஆம் ஆண்டிலேயே உச்ச நீதிமன்றம் கூறிவிட்டது. திருநெல்வேலிப் பக்கம் வீட்டிலிருந்தபடியே பீடி சுற்றும் பெண்களுக்குப் பி.எஃப். கணக்கு இருக்கிறது, வீட்டிலிருந்து வேலை செய்தால் பி.எஃப். கிடையாது என்று உங்களிடம் யாராவது சொன்னால் இதைச் சொல்லுங்கள். ஆகவே வழக்கு என்று வந்தால் உங்கள் பக்கம் வலுவான வாதம் உண்டு. ஆனால் அதை நிரூபிக்க நீங்கள் எத்தனை வாய்தாவுக்கு நடக்க வேண்டியிருக்கும் என்பதை எந்தச் சட்டப் புத்தகமும் சொல்லாது.

பணக் கணக்குக்கு வருவோம். நிரந்தர ஊழியருக்குப் பணிக்கொடை (கிராஜுவிட்டி) கிடைக்கப் பொதுவாக 5 ஆண்டுத் தொடர் பணி வேண்டும். உங்களுக்கு இன்னும் 7 மாதமே பாக்கி. மகப்பேறு விடுப்பும் பணிக்காலத்தில் சேரும். அடிப்படைச் சம்பளத்தை 15-ஆல் பெருக்கி 26-ஆல் வகுத்தால் ஓராண்டுக்கு ஏறத்தாழ 17,300 ரூபாய், 5 ஆண்டுக்கு 86,500 ரூபாய். இப்போது ராஜினாமா செய்தால் இந்தத் தொகையைக் கேட்க வழியில்லை. நிறுவனம் முழு அடிப்படைச் சம்பளத்துக்கும் 12 சதவீதம் பி.எஃப். கட்டினால் அதன் பங்கு மாதம் 3,600 ரூபாய், 15,000 ரூபாய் வரம்புக்கு மட்டும் கட்டினால் 1,800 ரூபாய். எதுவானாலும் அது நின்றுவிடும். அடுத்த குழந்தைக்கான 26 வாரச் சம்பள விடுப்பும் கிடையாது. ‘கன்சல்டன்ட்’ கட்டணத்தில் 10 சதவீதத்தை டி.டி.எஸ். என்று வரிக்காக முன்கூட்டியே பிடிப்பார்கள். உங்கள் ஆண்டு வருமானமான 7,20,000 ரூபாய்க்குப் புதிய வரி முறையில் வருமான வரியே வராது என்றாலும், 72,000 ரூபாயை அரசிடம் விட்டுவைத்து, கணக்குத் தாக்கல் செய்து, திரும்ப வரும்வரை காத்திருக்க வேண்டும். அதே 60,000 என்று எச்.ஆர். சொல்வது உண்மையில் சம்பளக் குறைப்பு.

சரி, என்ன கேட்பது? மகப்பேறு விடுப்புக்குப் பிறகு, வேலையின் தன்மை இடம்கொடுத்தால், இரு தரப்பும் பேசி முடிவுசெய்து வீட்டிலிருந்து பணிபுரிய மகப்பேறு நலச் சட்டத்தின் 2017-ஆம் ஆண்டுத் திருத்தம் வழிசெய்தது. 2025 நவம்பர் 21 அன்று நடைமுறைக்கு வந்த சமூகப் பாதுகாப்புச் சட்டத் தொகுப்பிலும் அந்த ஏற்பாடு தொடர்கிறது. இரு தரப்பும் ஒப்ப வேண்டும் என்று எழுதிவிட்டு, ஒரு தரப்பு மறுத்தால் என்ன செய்வது என்பதைச் சட்டம் இயற்றியவர்கள் எழுதவில்லை. அப்படியிருந்தும் அதைக் குறிப்பிட்டு மின்னஞ்சலில் கேளுங்கள். வாய்மொழியாகக் கேட்டதற்குச் சாட்சி இருக்காது.

வேலை நேரத்தைக் குறைக்கச் சம்மதித்தால் ஒன்றைக் கவனிக்க வேண்டும். பலர் இடறி விழும் இடம் என்பதால் சற்று விரித்தே சொல்கிறேன். பகுதி நேர ஊழியருக்கும் பி.எஃப். உண்டு, அதில் சந்தேகம் வேண்டாம். பணிக்கொடையில்தான் சிக்கல். வாரம் ஆறு நாளுக்குக் குறைவாக இயங்கும் நிறுவனத்தில், ஓராண்டில் 190 நாள் வேலை செய்திருந்தால் அது தொடர் பணியாகக் கருதப்படும். வாரம் மூன்று முழு நாள் வேலை என்று ஒப்புக்கொண்டால் 52 வாரத்துக்கு 156 நாள்தான் வரும். இடைவெளியே இல்லாத பணி இது என்று நீங்கள் வாதாடலாம். நிறுவனமோ 190 நாள் கணக்கை எடுத்து நீட்டும். நான்கு நாள் என்றால் 208 வரும். சம்பளமில்லா விடுப்பு கூடினால் அதுவும் இறங்கும். அதற்குப் பதிலாக, வாரம் ஐந்து நாளும் தினம் ஐந்து மணி நேரம் என்று கேட்டால் மொத்த நேரம் ஏறத்தாழ மூன்று முழு நாள் அளவுதான் வரும், நாள் கணக்கோ 260-ஐத் தொடும். சம்பளம் நேரத்துக்கு ஏற்பக் குறையும் என்பதை ஏற்றுக்கொள்ளுங்கள். பணி தொடர்கிறது, சேர்ந்த தேதி மாறவில்லை என்று கடிதத்தில் எழுதி வாங்குங்கள்.

இனி அந்த ஏஜென்சி. இவர்கள் செய்வது என்னவென்றால், நீங்கள் ஒருநாளும் வேலை செய்யாத ஒரு நிறுவனத்தின் பட்டியலில் உங்கள் பெயரைச் சேர்த்து, ஊழியர் பங்கு, முதலாளி பங்கு இரண்டையும் உங்களிடமே வசூலித்து, மேலே மாதாமாதம் கமிஷனும் வாங்கிக்கொள்வது. முதலாளி பங்கை ஊழியரிடம் பிடிப்பதையே சட்டம் தடைசெய்கிறது. வேலையே இல்லாத இடத்தில் கணக்கு நடத்துவது அதைவிட மோசம். பிற்பாடு விசாரணை வந்தால், உண்மையில் எங்கே வேலை செய்தீர்கள் என்ற கேள்வி உங்களிடம்தான் வரும். அன்று ஏஜென்சிக்காரரின் தொலைபேசி எடுக்கப்படாது. யு.ஏ.என். (பி.எஃப். அடையாள எண்), பாஸ்வேர்டு, ஆதார் ஓ.டி.பி. மூன்றையும் வாங்கிக்கொண்டு, பழைய பி.எஃப். பணத்தையும் எடுத்துத் தருவதாகச் சொல்வார்கள். 5 ஆண்டு முடியுமுன் எடுத்தால் பொதுவாக வரி உண்டு என்பதையோ, பென்ஷனுக்கு வேண்டிய 10 ஆண்டுக் கணக்கு அறுபட்டுப்போகும் என்பதையோ சொல்ல மாட்டார்கள். பி.எஃப். இணையதளத்தில் போட்ட புகார் பதிலே இல்லாமல் ‘தீர்க்கப்பட்டது’ என்று மூடப்படும் நாட்டில் இத்தகைய ஆட்களுக்கு வியாபாரம் நடப்பதில் வியப்பில்லை; அதற்காக நீங்கள் அவர்களுக்கு வாடிக்கையாளர் ஆக வேண்டியதில்லை.

நிறுவனம் பிடிவாதமாக இருந்தால், ராஜினாமா செய்ய விருப்பமில்லை, பணியில் தொடர விரும்புகிறேன் என்று ஒரே வரியில் மின்னஞ்சல் அனுப்பிவிட்டு வேலைக்குப் போய்க்கொண்டிருங்கள். ஆறு மாதத்துக்கு மேல் பணியில் இருப்பவரைத் தகுந்த காரணம் இல்லாமலும், ஒரு மாத முன்னறிவிப்போ அதற்கு ஈடான சம்பளமோ தராமலும் நீக்கக் கூடாது என்கிறது 1947-ஆம் ஆண்டின் தமிழ்நாடு கடைகள் மற்றும் நிறுவனங்கள் சட்டம். எச்.ஆர். தரும் பதில் எதுவானாலும் எழுத்தில் வாங்கி, அதன் நகலை அலுவலக மின்னஞ்சலில் மட்டும் விட்டுவைக்காமல் உங்கள் சொந்த முகவரியிலும் வைத்துக்கொள்ளுங்கள்.