ஐந்து நிமிடத்தில் சாம் ஹூஸ்டனை எப்படிச் சொல்வது?

கேள்வி: நாங்கள் டெக்சாஸில், ஹூஸ்டன் நகரில் இருக்கிறோம். நான்காம் வகுப்புப் படிக்கும் என் மகள், இந்த ஊருக்குப் பெயர் தந்த சாம் ஹூஸ்டனைப் பற்றி வகுப்பில் ஐந்து நிமிடம் பேச வேண்டும். சிலர் அவரை மாவீரர் என்கிறார்கள். அடிமைகளை வைத்திருந்தவர் என்றும் படித்தேன். எதைச் சொல்வது, எதை விடுவது?

பதில்: முதலில் பதவிப் பட்டியலை விட்டுவிடுங்கள். அமெரிக்க நாடாளுமன்ற உறுப்பினர், டென்னசி ஆளுநர், டெக்சாஸ் தனிக் குடியரசாக இருந்தபோது இரண்டு முறை அதிபர், பிறகு செனட்டர், கடைசியில் டெக்சாஸ் ஆளுநர். இதை அப்படியே ஒப்பித்தால் ஒரு நிமிடம் போய்விடும், கேட்பவர் மனதில் எதுவும் தங்காது. இரண்டு மாநில மக்கள் ஓட்டுப் போட்டு ஆளுநராக்கிய ஒரே மனிதர் என்ற ஒரு வரி போதும்.

பேச்சை 1861 மார்ச் 16-இல் தொடங்கச் சொல்லுங்கள். டெக்சாஸ் அமெரிக்காவிலிருந்து பிரிந்து, அடிமை முறையைக் காக்க எழுந்த தென்மாநிலக் கூட்டமைப்பில் சேர்ந்துவிட்டது. அந்தக் கூட்டமைப்புக்கு விசுவாச உறுதிமொழி எடுக்க ஆளுநரைக் கூப்பிட்டார்கள். 68 வயது ஹூஸ்டன் மறுத்தார். பதவி போனது. லிங்கன் படை அனுப்பி உதவ முன்வந்தபோதும், டெக்சாஸ் மண்ணில் ரத்தம் சிந்த வேண்டாம் என்று அதையும் மறுத்துவிட்டார். அப்புறம் அவருடைய மூத்த மகனே தென்மாநிலப் படையில் சேர்ந்து ஷைலோ போரில் காயமடைந்தான். ஹூஸ்டனைப் புரிந்துகொள்ள இதைவிட நல்ல வாசல் எனக்குத் தெரியாது.

இங்கேதான் கவனம் வேண்டும். அவர் மறுத்தது நாடு பிளவுபடுவதை. அடிமை முறையை அல்ல. அவர் வீட்டிலேயே அடிமைகள் இருந்தார்கள். 1854-இல் புதிய பிரதேசங்களுக்கு அடிமை முறை பரவ வழிவிட்ட கன்சாஸ்–நெப்ராஸ்கா சட்டத்தை அவர் எதிர்த்தது உண்மை. தென்மாநில ஜனநாயகக் கட்சி செனட்டர்களில் அதை எதிர்த்து ஓட்டளித்தவர் அவர் ஒருவரே. ஆனால் அடிமை முறை எதுவரை பரவலாம் என்று எல்லை வகுத்த பழைய உடன்பாட்டைக் கலைத்தால் நாடே உடையும் என்ற அச்சத்தில்தான் எதிர்த்தார். அதற்கான விலையாகச் செனட் இடத்தையும் இழந்தார். குழந்தைக்கு இதை மறைக்க வேண்டியதில்லை, ஒன்பது வயதில் தாராளமாகப் புரியும். அந்த வீட்டில் அடிமையாக இருந்த ஜோஷுவா ஹூஸ்டனின் பெயரையும் அவள் சொல்லட்டும். விடுதலைக்குப் பிறகு ஜோஷுவா ஹன்ட்ஸ்வில் நகர மன்ற உறுப்பினராகவும், பிறகு மாவட்ட நிர்வாகக் குழு உறுப்பினராகவும் ஆனார்.

அடுத்து, அமெரிக்கப் பழங்குடியினரான செரோக்கி மக்கள். வகுப்புகளில் இதை அவசரமாகக் கடந்துவிடுகிறார்கள், எனக்கு அது வருத்தம். 1793-இல் வர்ஜீனியாவில் பிறந்த ஹூஸ்டன், அப்பா இறந்தபின் குடும்பத்தோடு எல்லைப்புறமான டென்னசிக்கு வந்தார். கடை வேலை பிடிக்காமல் 16 வயதில் வீட்டைவிட்டு ஓடி, செரோக்கியரோடு மூன்று ஆண்டு வாழ்ந்தார். அவர்களின் மொழி பேசினார். தலைவர் ஊலூட்டெக்கா அவரை மகனாக ஏற்றுக்கொண்டார். 1829-இல் திருமணமான சில வாரங்களிலேயே மனைவி பிரிந்துபோக, டென்னசி ஆளுநர் பதவியை உதறிவிட்டு அவர் போய்ச் சேர்ந்ததும் அதே ஊலூட்டெக்காவிடம்தான்.

1836 பிப்ரவரியில், கிழக்கு டெக்சாஸில் செரோக்கியருக்கு நிலம் உறுதி செய்யும் ஒப்பந்தத்தில் ஹூஸ்டன் கையெழுத்திட்டார். டெக்சாஸ் செனட் அடுத்த ஆண்டு அதை நிராகரித்தது. அவருக்குப் பின் அதிபரான லமார், 1839-இல் படையை அனுப்பி அவர்களை விரட்டினார். அந்த ஒப்பந்தத்தில் கையெழுத்திட்ட முதிய தலைவர் பௌல்ஸ் அந்தச் சண்டையில் கொல்லப்பட்டார். ஹூஸ்டனின் வாக்கைக் காப்பாற்ற அவரது சொந்தக் குடியரசே தயாராக இல்லை.

மெக்சிகோவிடமிருந்து டெக்சாஸ் விடுதலை பெற்ற போரின் கதையை எல்லோரும் சொல்வார்கள், அதனால் உங்கள் மகள் சுருக்கமாகச் சொன்னால் போதும். ஆனால் ஒரு தவறைத் தவிர்க்க வேண்டும்: மெக்சிகோ படை முற்றுகையிட்டுக் கைப்பற்றிய அலமோ கோட்டையில் ஹூஸ்டன் போரிடவில்லை. 1836 மார்ச் 6-இல் அது விழுந்தபோது அவர் வேறிடத்தில் விடுதலைப் பிரகடன மாநாட்டில் இருந்தார். பிறகு டெக்சாஸ் படைத் தளபதியாக வாரக்கணக்கில் பின்வாங்கினார். கோழை என்ற பேச்சும் கேட்டார். ஏப்ரல் 21-இல் சான் ஜசின்டோவில் திரும்பித் தாக்கியபோது சண்டை 18 நிமிடத்தில் முடிந்தது. சரணடைய முயன்ற மெக்சிகோ வீரர்களைக் கொல்வது மட்டும் அதற்குப் பிறகும் நீண்டது. மறுநாள் பிடிபட்ட மெக்சிகோ அதிபரும் படைத் தலைவருமான சாண்டா அன்னாவைத் தூக்கிலிடச் சொல்லிப் பலர் கத்தினார்கள். கணுக்காலில் குண்டடி பட்டுக் கிடந்த ஹூஸ்டன் அவரை உயிரோடு வைத்தே பேரம் பேசினார். நேரம் இருந்தால் இந்தக் காட்சியைச் சேருங்கள்.

நேரப் பங்கீடு என்று கேட்டால், உறுதிமொழிக்கும் அடிமை முறைக்கும் சேர்த்து இரண்டு நிமிடம், செரோக்கியருக்கு இரண்டு, போருக்கு ஒன்று.

பேச்சுக்கு முன் ஒரு சனிக்கிழமை ஹன்ட்ஸ்வில் போய்வாருங்கள். உங்கள் ஊரிலிருந்து வடக்கே சுமார் 70 மைல். 1863 ஜூலை 26-இல் அவர் இறந்த, நீராவிக் கப்பல் வடிவில் கட்டிய வீடு அங்குள்ள அருங்காட்சியக வளாகத்தில் இருக்கிறது. கல்லறை ஓக்வுட் இடுகாட்டில். ஜோஷுவாவின் கல்லறையும் அங்கேதான், இரண்டையும் பார்க்கச் சொல்லுங்கள்.