நல்லவர் என்று நம்பியவரைச் சந்தேகிக்கலாமா?

கேள்வி: என் மகளுக்கு 11 வயது. அவளுடைய நீச்சல் பயிற்சியாளர் ஓராண்டாக எங்கள் வீட்டு மனிதரைப் போலவே பழகுகிறார். கட்டணம் வாங்காமல் அவளுக்கு மட்டும் தனிப் பயிற்சி தருகிறார். அண்மையில் ஒரு கைப்பேசியையும் பரிசளித்தார். இரவில் இருவரும் செய்தி அனுப்பிக்கொள்கிறார்கள். என்ன பேசுகிறீர்கள் என்று கேட்டால், “அது எங்களுக்குள்ள ரகசியம்மா” என்கிறாள். ஆதாரம் இல்லாமல் நல்ல மனிதரைச் சந்தேகிப்பது பாவம் என்கிறார் என் கணவர். நான்தான் வீணாகக் கலங்குகிறேனா?

பதில்: இல்லை, சகோதரி. அந்தப் பயிற்சியாளர் தவறானவரா என்பதை உங்கள் கடிதத்தை வைத்து என்னால் சொல்ல முடியாது. பக்கத்தில் இருந்து பார்க்கும் உங்களாலும் உறுதியாகச் சொல்ல முடியாது. ஆனால் அதைத் தீர்மானித்த பிறகுதான் மகளைப் பாதுகாக்க வேண்டும் என்று உங்கள் கணவர் நினைப்பதாகத் தெரிகிறது. நான் மாறுபடுவது அந்த இடத்தில்தான்.

குழந்தைகளிடம் பாலியல் அத்துமீறலில் ஈடுபடுபவர்களில் பெரும்பாலோர் அக்குழந்தைக்கு முன்பே தெரிந்தவர்கள். தவறு செய்வதற்கு முன் அவர்கள் பொறுமையாக நம்பிக்கையை வளர்த்து வசப்படுத்துவதைத்தான் ‘குரூமிங்’ என்கிறோம். அமெரிக்கச் சமூகவியலாளர் டேவிட் ஃபிங்கெல்ஹோர் 1984-இல் முன்வைத்த விளக்கத்தின்படி, இத்தகைய குற்றம் நடப்பதற்கு நான்கு நிலைகள் கூடிவர வேண்டும்: குற்றம் செய்யும் எண்ணம் இருக்க வேண்டும், மனசாட்சியின் தடையைத் தாண்ட வேண்டும், குழந்தையைச் சுற்றியிருப்பவர்களின் காவலைத் தாண்ட வேண்டும், கடைசியாகக் குழந்தையின் எதிர்ப்பைத் தாண்ட வேண்டும். மூன்றாவது நிலையைக் கவனியுங்கள். குழந்தைக்கு முன்பாகவே வசப்படுத்தப்படுகிறவர்கள் பெரும்பாலும் பெற்றோர்தான். ‘இவ்வளவு செய்கிறாரே, இவரையா?’ என்ற தயக்கமே அப்படிப்பட்டவருக்குக் கிடைக்கும் பெரிய அனுமதி.

பரிசு கொடுப்பதோ பாராட்டுவதோ குற்றமன்று. அன்பான ஆசிரியர்கள் எல்லோரும் செய்வதுதான். தனிமை, சிறப்புச் சலுகை, ரகசியம் ஆகிய மூன்றும் ஒன்றாகச் சேர்ந்திருப்பதுதான் எனக்கு நெருடலாக இருக்கிறது. அவற்றிலும் ரகசியமே முதன்மையானது. வசப்படுத்துபவர் எடுத்தவுடன் எல்லை மீறுவதில்லை. ‘அம்மாவிடம் சொல்லாதே’ என்று ஒரு சிறு பொருளைக் கொடுத்து, குழந்தை சொல்கிறதா என்று பார்ப்பார். அடுத்து வயதுக்கு மீறிய ஒரு கேலிப் பேச்சு, தற்செயலைப் போன்ற ஒரு தொடுதல் என்று ஒவ்வொரு படியாகச் சோதிப்பார். பெரிய விஷயம் நடக்கும்போது, முன்பு மறைத்தவற்றால் தானும் தவறில் பங்காளி என்று நம்பிக் குழந்தை வாயை மூடிக்கொள்ளும்.

ஆகவே குற்றச்சாட்டு எதுவும் வைக்காமல், ஒரு விதியை வையுங்கள்: இனிப் பயிற்சியின்போது உங்களில் ஒருவர் பார்வை எட்டும் தூரத்தில் இருப்பார்; செய்திகள் பெற்றோரும் இருக்கும் குழுவில் மட்டுமே வரும்; பரிசுகள் வேண்டாம். நேர்மையான பயிற்சியாளருக்கு இந்த விதி பாதுகாப்பு என்பதால் அவர் எளிதில் ஒப்புக்கொள்வார். (முதலில் கொஞ்சம் மனம் வருந்தலாம், அதை மட்டும் வைத்து அவரைக் குற்றவாளியாக்கிவிட வேண்டாம்.) ஆனால் விதியைச் சுற்றி வேறு வழி தேடினாலோ, “உன் அம்மாவுக்கு உன் வளர்ச்சி பிடிக்கவில்லை” என்று மகளை உங்களிடமிருந்து பிரிக்க முயன்றாலோ, மேலும் ஆராய்ந்துகொண்டிராமல் அந்தத் தொடர்பை நிறுத்திவிடுங்கள்.

மகளிடம் கோபத்தோடு கைப்பேசியைப் பறிக்காதீர்கள். அவளுக்கு அது தண்டனையாகத் தோன்றும். பிறந்தநாள் பரிசைப் போல விரைவில் எல்லோருக்கும் தெரியப்போவது ‘ஆச்சரியம்’. எப்போதுமே சொல்லக் கூடாது என்று பெரியவர் ஒருவர் கட்டளையிடுவது ‘ரகசியம்’, அப்படிப்பட்ட ரகசியத்தை யார் கேட்டாலும் நம் வீட்டில் காக்க வேண்டியதில்லை என்று விளக்குங்கள். ஏற்கெனவே மறைத்ததற்காகத் திட்ட மாட்டோம் என்பதையும் சேர்த்துச் சொல்லுங்கள். அதன்பின் அவளுக்குத் தெரிந்தே, அவளோடு உட்கார்ந்து செய்திகளைப் பாருங்கள். தவறாக ஏதேனும் இருந்தால் அழிக்காமல் கைப்பேசியைப் பத்திரப்படுத்துங்கள். பரிசைத் திருப்பித் தருவதெல்லாம் பிறகு ஆகட்டும்.

அவள் ஏதேனும் சொன்னால், “அவர் இப்படிச் செய்தாரா, அப்படிச் செய்தாரா?” என்று நீங்களே விடையை எடுத்துக் கொடுக்காமல், “அப்புறம் என்ன நடந்தது?” என்று மட்டும் கேளுங்கள். “நீ சொன்னது நல்லது, உன் மேல் தப்பு இல்லை” என்று சொல்லுங்கள். அவளுடைய சொற்களை அப்படியே எழுதி வைத்துக்கொண்டு, அவரிடம் நேரில் போய்ச் சண்டையிடாமல், காவல்துறையையோ குழந்தைப் பாதுகாப்பு அமைப்பையோ அணுகுங்கள். மனநல மருத்துவர் ரோலண்ட் சமிட் 1983-இல் விளக்கியதைப் போல, குழந்தைகள் பலர் தாமதமாகத்தான் சொல்கிறார்கள். சொன்ன பிறகு குடும்பம் நிலைகுலைவதைக் கண்டு, பொய் சொன்னதாகப் பின்வாங்குவதும் உண்டு. பின்வாங்கினாள் என்பதாலேயே எதுவும் நடக்கவில்லை என்று முடிவு செய்துவிடாதீர்கள்.

உங்கள் கணவரிடம் அந்த மனிதரைப் பற்றி வாதாட வேண்டாம். அடுத்த பயிற்சிக்கு மகளை அவரே அழைத்துப் போய், அது முடியும்வரை குளத்தின் ஓரத்தில் உட்கார்ந்திருக்கட்டும். அதற்கு அவர் யாரையும் சந்தேகிக்க வேண்டியதில்லை.