ரயில்வே கீமேன் எந்தச் சாவியை வைத்திருக்கிறார்? அந்தப் பதவி இன்னும் இருக்கிறதா?

கேள்வியில் இரண்டு பகுதி இருக்கிறது. கீமேன் எந்தப் பூட்டின் சாவிக்குப் பொறுப்பு என்பது ஒன்று. தண்டவாளப் பராமரிப்புத் தொழிலாளர் எல்லாருக்கும் ‘டிராக் மெயின்டெய்னர்’ என்று பெயர் மாறிவிட்ட பிறகும் அந்தப் பதவி உண்டா என்பது இன்னொன்று.

முதலாவதற்குப் பதில்: பூட்டும் இல்லை, சாவியும் இல்லை. தண்டவாள வேலையில் ‘கீ’ என்றால் ஆப்பு. தண்டவாளத்தையும் அதைத் தாங்கும் இரும்பையும் இறுக்கிப் பிடிக்க இடைவெளியில் சுத்தியலால் அடித்துச் செருகும் துண்டு அது. அந்த ஆப்புகள் கழன்றுவிடாமல் நாள்தோறும் நடந்து பார்த்து, தளர்ந்ததை அடித்து இறுக்குபவர்தான் கீமேன். செய்தித்தாள்களில் எப்போதாவது ‘சாவிக்காரர்’ என்று மொழிபெயர்த்திருப்பார்கள். அதை நம்ப வேண்டாம். லெவல் கிராசிங் சாவி கேட் கீப்பரிடம் இருக்கும். வண்டியை ஒரு பாதையிலிருந்து இன்னொன்றுக்குத் திருப்பும் பாயிண்டின் கைப்பிடிச் சாவி ஸ்டேஷன் மாஸ்டரின் பொறுப்பு. இரண்டுக்கும் கீமேனுக்கும் சம்பந்தமில்லை. காப்பீட்டில் சொல்லும் ‘கீமேன் பாலிசி’ முற்றிலும் வேறு சங்கதி.

பழைய காலத்துத் தண்டவாளம் ‘நாற்காலி’ (சேர்) எனப்படும் வார்ப்பிரும்புத் தாங்கிகளில் உட்கார்ந்திருந்தது. தண்டவாளத்துக்கும் நாற்காலியின் தாடைக்கும் நடுவே மரத்தால் செய்த ஆப்பு. வெயிலில் மரம் காய்ந்து சுருங்கும், ஆப்பு தளரும், வண்டி அதிர்வில் நழுவி விழும். ஒவ்வொரு நாளும் ஒருவர் அதை அடித்துக்கொண்டே நடக்க வேண்டிய தேவை இப்படித்தான் வந்தது. இந்தியாவில் பின்னர் மரத்துக்குப் பதில் எஃகு ஆப்பு வந்தது. நம் ஊர்களில் நீண்ட காலம் ஓடியது சி.எஸ்.டி-9 என்ற வார்ப்பிரும்பு ஸ்லீப்பர், அதாவது தண்டவாளத்துக்கு அடியில் குறுக்கே கிடந்து தாங்கும் கட்டை. கவிழ்த்த கிண்ணம் போன்ற இரண்டு தட்டுகள், அவற்றை இணைக்கும் ஒரு டை பார் (குறுக்குப் பட்டை), இரு தண்டவாளங்களுக்கும் நடுவிலான கேஜ் அகலத்தைக் காக்க நான்கு காட்டர் (செருகு துண்டு), தண்டவாளத்தைப் பிடிக்க இருபுறமிருந்தும் அடிக்கக்கூடிய ‘டூ-வே கீ’. இன்றும் சில யார்டுகளிலும் பழைய சைடிங்குகளிலும் இதைப் பார்க்கலாம்.

கீ அடிப்பதற்கும் முறை உண்டு. இரட்டைப் பாதையில் வண்டி போகும் திசையிலேயே அடிக்க வேண்டும். ஏனென்றால் சக்கரங்கள் தண்டவாளத்தை அந்தத் திசையில் மெல்ல மெல்லத் தள்ளிக்கொண்டே போகும்; அந்த நகர்வு ஆப்பை இன்னும் இறுக்கும். எதிர்த் திசையில் அடித்தால் அதே நகர்வு ஆப்பைக் கழற்றிவிடும். ஒற்றைப் பாதையில் வண்டி இருபுறமும் ஓடுவதால் ஒன்றுவிட்டு ஒன்று எதிரெதிராக அடிப்பார்கள். புதிதாக வருபவர் செய்யும் தப்பு, இறுகவில்லை என்று ஓங்கி ஓங்கி அடிப்பது. வார்ப்பிரும்பு வளையாது, உடையும். ஆப்பைப் பிடிக்கும் காது தெறித்துவிட்டால் அந்தத் தட்டையே மாற்ற வேண்டியதுதான். ஆப்போ அது உட்காரும் இடமோ தேய்ந்திருந்தால் லைனர் என்ற மெல்லிய தகடு வைத்து அடிக்க வேண்டும். பலத்தைக் கூட்டிப் பயனில்லை.

இப்போது மெயின் லைனில் பெரும்பாலும் கான்கிரீட் ஸ்லீப்பர். ஆப்பின் இடத்தில் வந்திருப்பது எலாஸ்டிக் ரயில் கிளிப். கண்டுபிடித்தவர் நார்வேக்காரர் பேர் பாண்டே-ரோல்ஃப்சன். அவர் பெயரின் சுருக்கம்தான் லைன்காரர்கள் சொல்லும் ‘பேண்ட்ரால்’. ஒரு ஸ்லீப்பருக்கு நான்கு கிளிப், நான்கு லைனர், தண்டவாளத்துக்கு அடியில் இரண்டு ரப்பர் பேட், கிளிப்பைச் செருகுவதற்காகக் கான்கிரீட்டோடு சேர்த்து வார்க்கப்பட்ட நான்கு இரும்பு இன்செர்ட். அதிகம் புழங்கும் மூன்றாம் ரகக் கிளிப் ஒவ்வொன்றும் தண்டவாளத்தின் பாதத்தை 850 முதல் 1100 கிலோ வரை அழுத்திப் பிடிக்கும்.

கிலோமீட்டருக்கு 1660 ஸ்லீப்பர் என்றால் 6640 கிளிப். ஒரு கீமேன் பார்க்க வேண்டிய பகுதிக்குப் பீட் என்று பெயர்; ஆறு கிலோமீட்டர் பீட்டுக்கு ஒரு லைனில் மட்டும் ஏறக்குறைய 40,000. இரட்டைப் பாதையானால் இரு மடங்கு. கிளிப் அதிர்ச்சியைத் தாங்கும், தானாக அவ்வளவு எளிதில் கழலாது என்பதெல்லாம் உண்மை. ஆனால் ‘கீ போய்விட்டது, இனி கீமேன் எதற்கு’ என்று கேட்பவர்கள் இந்தக் கணக்கை ஒருமுறை போட்டுப் பார்க்கலாம்.

கிளிப்பின் நடுக்கால் இன்செர்ட்டின் முகப்போடு சமமாக நிற்க வேண்டும். குறைவாக அடித்தால் பிடி இருக்காது. அதிகமாக அடித்தால் கிளிப்பின் நுனி லைனரில் சரியாக உட்காராமல் அழுத்தம் கெடும். கடற்கரையோரப் பாதைகளில் இன்னொரு தொல்லை. உப்புக்காற்றில் கிளிப் இன்செர்ட்டோடு சேர்ந்து துருப்பிடித்து இறுகிவிடும். வெளியே பார்த்தால் உறுதியாக இருப்பது போலத் தெரியும், கழற்றப் போனால் வராது. லைனருக்கு அடியில் தண்டவாளப் பாதம் அரித்திருப்பதும் இப்படி மறைந்தே கிடக்கும். அதனால்தான் கிளிப்பைக் கழற்றிச் சுத்தம் செய்து கிராஃபைட் கிரீஸ் பூசிப் போடும் வேலையை அரிப்பு அதிகமுள்ள பகுதியில் ஆண்டுக்கு ஒருமுறையும், மற்ற இடங்களில் இரண்டு ஆண்டுக்கு ஒருமுறையும் செய்யச் சொல்கிறார்கள். பெட்டிக் கழிவறைகள் நேராகத் தண்டவாளத்தில் திறந்திருந்த காலத்தில் இந்த அரிப்பு கடலே இல்லாத ஊர்களிலும் இருந்தது. பயோ டாய்லெட் வந்த பிறகு குறைந்திருக்கிறது.

அன்றாட வேலை இப்படி. பீட் முழுவதையும் நாளுக்கு ஒருமுறை கால்நடையாகப் பார்க்க வேண்டும். போகும்போது ஒரு தண்டவாளத்தையும் அதையொட்டிய பாதி ஸ்லீப்பரையும், திரும்பும்போது எதிர்த் தண்டவாளத்தையும். தோளில் கீயிங் சுத்தியல், ஸ்பானர், கொஞ்சம் உதிரிக் கிளிப், லைனர், போல்ட். கூடவே சிவப்புக் கொடி இரண்டு, பச்சைக் கொடி ஒன்று, வண்டியை எச்சரிக்கும் வெடியான டெட்டனேட்டர். வாரத்தில் ஒருநாள், கேங் எனப்படும் பராமரிப்புக் குழுவின் தலைவரான மேட் அந்தப் பீட்டை நடப்பார், அன்று கீமேன் கேங்கைப் பார்த்துக்கொள்வார். இது கீமேனுக்கு ஓய்வு தரும் ஏற்பாடு என்று பலர் நினைக்கிறார்கள். ஒரே கண் தினமும் பார்த்தால் பழகிப்போகும், வேறு கண்ணும் பார்க்க வேண்டும் என்பதே இதன் பயன்.

ஒற்றைக் கிளிப் தளர்ந்திருந்தால் அடித்துவிட்டு நகரலாம், ஆபத்தில்லை. வரிசையாக நாலைந்து தளர்ந்திருந்தால், அதுவும் வளைவில் என்றால், காரணம் வேறு இருக்கிறது: ரப்பர் பேட் நசுங்கியிருக்கும், லைனர் நழுவியிருக்கும், அடியில் ஜல்லி இறுக்கம் விட்டு ஸ்லீப்பர் ஆடிக்கொண்டிருக்கும். கிளிப்பை மட்டும் அடித்துவிட்டுப் போனால் மறுநாளும் அதே இடத்தில் அதே வேலைதான். நல்ல கீமேனையும் சுத்தியல் தூக்கி நடப்பவரையும் பிரித்துக் காட்டுவது இந்த இடம் என்பேன்.

இரு தண்டவாள முனைகளைச் சேர்க்கும் ஃபிஷ் பிளேட் இணைப்பில் போல்ட், வெல்டிங் இருக்கும் இடத்தில் மயிரிழை விரிசல், பாயிண்ட் அண்ட் கிராசிங்கில் ஒவ்வொரு போல்ட்டும், லெவல் கிராசிங்கில் சக்கர விளிம்பு ஓடும் பள்ளத்தில் அடைந்த கல்லும் மண்ணும், இவையெல்லாம் பார்வைப் பட்டியலில் வரும். கர்டர் பாலத்தில் ஸ்லீப்பரைப் பிடித்திருக்கும் ஹூக் போல்ட்டின் தலையில் ஓர் அம்புக்குறி இருக்கும். கீழே கொக்கி எந்தப் பக்கம் திரும்பியிருக்கிறது என்பதை அது காட்டும். அம்பு திரும்பியிருந்தால், மேலே நட்டு எவ்வளவு இறுக்கமாக இருந்தாலும் கீழே கொக்கி எதையும் பிடித்திருக்காது.

தண்டவாளத்தின் உள்ளே இருக்கும் குறையைக் கண்ணால் பார்க்க முடியாது. அது அல்ட்ராசோனிக் சோதனைக் குழுவின் வேலை. அவர்கள் சிவப்பு பெயிண்டில் பெருக்கல் குறி போட்டுவிட்டுப் போவார்கள். ஒரு குறி என்றால் கண்காணிப்பில் வைக்க வேண்டியது, மூன்று என்றால் உடனே மாற்ற வேண்டியது. அப்படிக் குறி போட்ட இடங்களைத் தினமும் நின்று பார்ப்பது கீமேன்.

காலையில் சீக்கிரம் கிளம்புவதற்குக் காரணம் உண்டு. நீளமாகப் பற்றவைத்த தண்டவாளம் குளிரில் சுருங்கப் பார்க்கும். சுருங்க இடமில்லாததால் இழுவிசை ஏறும். வலுவிழந்த வெல்டிங் இருந்தால் விடியற்காலையில்தான் விட்டுக்கொடுக்கும். மார்கழி, தை மாதங்களில் ‘விரிசலைக் கண்டு ரயிலை நிறுத்திய கீமேன்’ என்று செய்தி வருவது இதனால்தான். கோடையில் நடப்பது தலைகீழ். தண்டவாளத்தின் வெப்பம், அழுத்தம் நீக்கிப் பொருத்தியபோது இருந்ததைவிட 20 டிகிரி செல்சியஸுக்கு மேல் போனால் பாதை நெளியும் அபாயம் உண்டு. அதற்குத் தனியாக வெயில் ரோந்து போடுவார்கள்.

தண்டவாளம் உடைந்தால் சிக்னல் தானாகவே சிவப்பாகிவிடுமே என்று சிலர் கேட்பார்கள். தண்டவாளத்திலேயே மின்சாரம் ஓட விடும் டிராக் சர்க்யூட் இருக்கும் பகுதியில் பெரும்பாலும் ஆகும். உடைந்த முனைகள் தொட்டுக்கொண்டிருந்தால் அங்கேயும் ஆகாமல் போகலாம். ஆக்சில் கவுண்டர் இருக்கும் பகுதியிலோ தண்டவாளம் உடைந்தது கருவிக்குத் தெரியவே தெரியாது. அது எண்ணுவது சக்கர அச்சுகளை மட்டும்.

உடைப்பைக் கண்டதும் என்ன செய்வது என்பதுதான் இந்த வேலையின் கடினமான பகுதி. அகலப் பாதையில் விதி: உடைப்பிலிருந்து 600 மீட்டரில் பாதைக்குக் குறுக்கே கட்டும் சிவப்பு பேனர் கொடி, 1200 மீட்டரில் பத்துப் பத்து மீட்டர் இடைவெளியில் மூன்று டெட்டனேட்டர். வேகமாக வரும் வண்டி பிரேக் போட்ட இடத்திலேயே நிற்காது, அதற்குத்தான் இவ்வளவு தூரம். டெட்டனேட்டரைத் தண்டவாளத்தின் தலையில் பொருத்தினால் சக்கரம் ஏறும்போது வெடிக்கும். மூடுபனியில் கொடி தெரியாமல் போனாலும் சத்தம் லோகோ பைலட்டின் காதில் விழும். ஒற்றைப் பாதையில் வண்டி இருபக்கமிருந்தும் வரலாம், ஆளோ ஒருவர். அப்போது ஒரு பக்கம் தெரியும்படி சிவப்புக் கொடியை நட்டுவிட்டு, முதலில் வண்டி எதிர்பார்க்கும் பக்கம் ஓட வேண்டும். அதற்கு எந்த வண்டி எப்போது எங்கே இருக்கும் என்பது தலையில் இருக்க வேண்டும். நேரப் பட்டியல் தெரியாத கீமேன் தவறான பக்கம் ஓடுவார். இப்போது வாக்கி டாக்கியும் மொபைலும் இருப்பதால் ஸ்டேஷனுக்கு உடனே சொல்லலாம். ஆனாலும் கொடியும் டெட்டனேட்டரும் கட்டாயம்தான்.

உடைப்பின் இடைவெளி 30 மில்லிமீட்டருக்குள் இருந்தால் நடுவில் புடைத்த ஜாகிள் ஃபிஷ் பிளேட்டைக் கிளாம்பு போட்டு இறுக்கி, ஆளை நிறுத்தி, வண்டியை ஊர்ந்து போக விடலாம். அதைத் தாண்டினால் துண்டுத் தண்டவாளம் போடாமல் எதுவும் போகக்கூடாது.

இனி பெயர் விஷயம். கேங்மேன் என்பது டிராக்மேன் ஆகி, பிறகு டிராக் மெயின்டெய்னர் ஆனது. அதில் நான்கு கிரேடு. குரூப் டி தேர்வில் வென்று சேர்பவர் நான்காம் கிரேடில் தொடங்குவார். பதவி உயர்வும் சம்பளமும் இந்தக் கிரேடுகளின் வழியாகத்தான் போகும். ஆனால் லைனில் யாரும் ‘இன்றைக்கு இரண்டாம் கிரேடு டிராக் மெயின்டெய்னர் யார்’ என்று கேட்பதில்லை. ‘இன்னிக்கு கீமேன் யாரு’ என்றுதான் கேட்பார்கள். கிரேடு காகிதத்தில் இருப்பது, கீமேன் செய்யும் வேலை. விதிப்புத்தகத்திலும் கீமேனின் கடமைகள் அந்தப் பெயரிலேயே வருகின்றன. அனுபவமுள்ளவரைத்தான் போடுவார்கள், சேர்ந்ததும் கீமேன் வேலை கிடைக்காது, கேட்கவும் வேண்டாம். தனியாகப் போகும் வேலை, இரட்டைப் பாதையில் ஒரு வண்டியின் சத்தத்தில் இன்னொன்று வருவது கேட்காது. இந்தப் பழக்கம் கேங்கோடு வேலை செய்துதான் வரும்.

கீமேனையும் பேட்ரோல்மேனையும் குழப்பிக்கொள்ளக் கூடாது. மழைக்கால இரவு ரோந்து போகிறவர் பேட்ரோல்மேன். அவர் வெள்ள அரிப்பு, மண்சரிவு, மரம் விழுந்தது ஆகியவற்றைப் பார்ப்பார், கிளிப் அடிப்பது அவர் வேலையல்ல. பாயிண்ட்ஸ்மேன் வேறு துறையே, ஸ்டேஷன் மாஸ்டரின் கீழ் வருபவர். கேங்கை வழிநடத்தும் மேட்டைத் தமிழ்நாட்டில் மேஸ்திரி என்றும் சொல்வதுண்டு.

தமிழில் எழுதும்போது ‘கீமேன்’ என்றே எழுதுங்கள். வேறு எந்தச் சொல் போட்டாலும் லைனில் வேலை செய்பவருக்குப் புரியாது. பள்ளி, கல்லூரிப் படிவத்தில் தந்தையின் பதவி கேட்டால் மட்டும் சம்பளச் சீட்டில் இருப்பதை, அதாவது டிராக் மெயின்டெய்னர் என்பதையும் கிரேடையும் எழுத வேண்டும். பாஸ், மருத்துவ அட்டை எதிலும் அந்தப் பெயர்தான் இருக்கும். படிவத்தில் ‘கீமேன்’ என்று போட்டால் சரிபார்க்கும் இடத்தில் பொருந்தவில்லை என்று திருப்பி அனுப்ப வாய்ப்புண்டு.