மௌனப் படத்துல பெரிய ஸ்டாரா இருந்து, பேசும்படம் வந்ததும் குரலால அடி வாங்கி, மறுபடி எழுந்து வந்த நடிகர் யாராவது உண்டா?

இந்தக் கேள்விக்கு ஹாலிவுட் ஆளுங்க பேரைத்தான் எல்லாரும் வரிசையா சொல்வாங்க, நான் ஜப்பான்ல இருந்து ஒருத்தரை சொல்றேன். பாண்டோ ட்சுமசபுரோ. ரசிகர்களுக்கு சுருக்கமா பான்ட்சுமா. 1901ல டோக்கியோவுல பொறந்து 1953ல போய் சேர்ந்தவர். நம்மாளுங்க இயக்குநர் குரோசாவா படம் வழியா ஜப்பான் சினிமாவுக்குள்ள போயி அவரோட ஹீரோ டோஷிரோ மிஃபுனேயோட நின்னுடறாங்க, அதுல தப்பில்ல, ஆனா மிஃபுனே பண்ண ரெண்டு முக்கியமான ரோலை அவருக்கு முன்னாடியே பண்ணி முடிச்சவர் இந்த ஆளு.

அப்பா பருத்தித் துணி மொத்த வியாபாரி, வியாபாரம் நொடிச்சுப்போச்சு. பையன் கபுகிங்கற ஜப்பானோட பாரம்பரிய மேடை நாடகத்துல சேர்ந்தான். கபுகின்னா பரம்பரை சொத்து மாதிரி, அந்தக் குடும்பத்துல பொறக்கலன்னா காலம்பூரா பின்னாடி கூட்டத்துல நிக்க வேண்டியதுதான். வெறுத்துப்போய் வெளிய வந்து சின்னச்சின்ன குழுக்கள்ல அலைஞ்சு, கடைசியா 1923ல கியோட்டோவுல இயக்குநர், தயாரிப்பாளர் மகினோ ஷோஸோவோட சினிமா கம்பெனில வந்து விழுந்தாரு.

அதுக்கு முன்னாடி ஜப்பான் படத்துல வாள் சண்டை எப்படி இருந்துச்சுன்னு தெரிஞ்சாத்தான் இவரு பண்ணது புரியும். அப்போ திரையில ராஜான்னா நடிகர் ஒனோவே மட்சுனோசுகேதான். ஆயிரம் படம்னு சொல்வாங்க அவரு கணக்கு. ஆனா சண்டை எல்லாம் நாடக மேடை பாணி, ஒரு வெட்டு, ஒரு போஸ், கண்ணை உருட்டி ஒரு பார்வை, அப்புறம் அடுத்த வெட்டு. பான்ட்சுமா வந்து ஓட ஆரம்பிச்சாரு. ஓடுறாரு, மூச்சு வாங்குறாரு, முடி அவுந்து மூஞ்சில விழுது, வாளைப் புடிச்ச கை நடுங்குது. சண்டை போட்டா மனுஷனுக்கு களைப்பு வரும்ங்கற சாதாரண விஷயத்தை அங்க திரைக்கு கொண்டு வந்ததுல இவருக்கு பெரிய பங்கு உண்டு.

1925லயே, அதாவது மகினோகிட்ட வந்து ரெண்டே வருஷத்துல, சொந்தக் கம்பெனி ஆரம்பிச்சுட்டாரு. அதுல வந்ததுதான் 'ஒரோச்சி', ஃபுதாகாவா புந்தாரோ இயக்கம். முதல்ல வச்ச பேருக்கு போக்கிரின்னு அர்த்தம், சென்சார் ஒத்துக்கல, அதனால பாம்புன்னு மாத்துனாங்க. உலகம் போக்கிரின்னு சொல்ற எல்லாருமே கெட்டவங்க இல்லங்கற மாதிரி வரி போட்டுத்தான் படமே ஆரம்பிக்குது. கீழ்மட்ட சாமுராய் ஒருத்தன், நியாயத்துக்காக கோவப்படுறான், ஒவ்வொரு தடவையும் தப்பு இவன் தலையில விழுது, குருகிட்ட இருந்து துரத்தறாங்க, ஜெயில், திருட்டுக் கும்பல்னு எறங்கிக்கிட்டே போறான். கடைசில ஊரே சுத்தி வளைக்குது. அந்த க்ளைமாக்ஸை நான் எத்தனை பேருக்கு போட்டுக் காட்டினாலும் முதல் அஞ்சு நிமிஷம் சிரிப்பாங்க, அப்புறம் போனை கீழ வச்சுடுவாங்க. அவ்ளோ நேரம் போகுது சண்டை, அதுல இவன் ஜெயிக்கவும் இல்ல, கயிறு போட்டு கட்டி இழுத்துட்டு போறாங்க.

அடுத்த வருஷம் கியோட்டோ பக்கத்துல உசுமாசாங்கற இடத்துல ஸ்டூடியோ கட்டுனாரு. இன்னைக்கு டோய் கம்பெனியோட கியோட்டோ ஸ்டூடியோ இருக்கறது அந்த இடத்துலதான், டூரிஸ்ட் போற சினிமா கிராமமும் அங்கயேதான். அந்த ஏரியாவுக்கு சினிமாக்காரங்க வர வழி போட்டதே இவருதான்னு சொல்லலாம்.

இப்போ உங்க கேள்விக்கு வரேன். ஜப்பான்ல மௌனப்படம்னா உண்மைல மௌனம் கிடையாது. திரைக்கு பக்கத்துல பென்ஷின்னு ஒருத்தர் இருப்பாரு, கதை சொல்றது, எல்லா பாத்திரத்துக்கும் குரல் குடுக்கறது, அழறது, கத்தறது எல்லாம் அவரே. சில தியேட்டர்ல நடிகர் யாருன்னு பாத்து வர்றதை விட பென்ஷி யாருன்னு பாத்து டிக்கெட் வாங்குனாங்க. அப்போ யோசிச்சு பாருங்க, பத்து வருஷமா பான்ட்சுமாவுக்கு ஒவ்வொரு ஊர்லயும் ஒரு குரல், எல்லாமே மேடையில பழகுன கம்பீரமான குரல். ரசிகன் மனசுல ஹீரோ பேசுறது அந்தக் குரல்ல. அதுக்கு நடுவுல ஆளோட சொந்தக் குரல் வந்து நிக்கணும். எந்தக் குரல் வந்திருந்தாலும் கொஞ்சம் ஏமாற்றம்தான் ஆயிருக்கும்ங்கறது என் கருத்து, இவருக்கு பாவம் குரலே மெலிசா, கீச்சுன்னு இருந்துச்சு.

பேசும்படம் அங்க 1931லயே வெற்றி ஆயிடுச்சு, ஷோச்சிகு கம்பெனியோட 'மதாமு டு ந்யோபோ'. ஆனா பென்ஷிங்க செல்வாக்கு, தியேட்டர்கள்ல மெஷின் மாட்டுற செலவு எல்லாம் சேர்ந்து மௌனப்படம் அங்க ரொம்ப நாள் உயிரோட இருந்துச்சு, பெரிய இயக்குநர் ஒஸு கூட 1936லதான் முதல் பேசும் கதைப்படம் எடுத்தாரு. பான்ட்சுமாவோட முதல் பேசும்படம் 1935, 'நீரோ ட்சுருசியோ', இடோ டைசுகே இயக்கம். வாளைத் தூக்குனா புலி, வாயைத் திறந்தா வேற ஆளுங்கற கதையா ஆயிடுச்சு. இதே பாத்திரத்தைத்தான் 1965ல ஒகமோட்டோ கிஹாச்சியோட 'சாமுராய்' படத்துல மிஃபுனே பண்ணாரு, நான் முதல்ல சொன்ன ரெண்டுல ஒண்ணு.

1936ல சொந்தக் கம்பெனி மூடியாச்சு. இதை எழுதுறவங்க பாதி பேர் குரல்தான் காரணம்னு முடிச்சுடுவாங்க, அதை நான் முழுசா ஏத்துக்க மாட்டேன். ஏன்னா அவரைப் பாத்து மகினோகிட்ட இருந்து பிரிஞ்சு போயி சொந்தமா கம்பெனி வச்ச இச்சிகாவா உதாயெமோன், கதாஓகா சியெசோ, அராஷி கான்ஜூரோன்னு மத்த ஸ்டார்களோட கம்பெனிகளும் 1937க்குள்ள காலி. அவங்க குரல்லாம் நல்லாத்தான் இருந்துச்சு. சவுண்ட் ஸ்டேஜ், ரெக்கார்டிங் மெஷின் இதுக்கெல்லாம் பணம் போட பெரிய கம்பெனியால மட்டும்தான் முடிஞ்சது, நடிகன் முதலாளியா இருந்த காலம் அதோட முடிஞ்சது.

1937ல நிக்கட்சு கம்பெனில சம்பளத்துக்கு சேர்ந்தாரு. குரலுக்கு பயிற்சி பண்ணி தனக்குன்னு ஒரு பேச்சு முறையை புடிச்சாரு, அந்தக் கீச்சுக்குரல் கரகரன்னு அடித்தொண்டைக்கு எறங்குச்சு. அதே வருஷம் வந்த 'சிகேமுரி தகாதானோபாபா' பாருங்க, ஒரு மணி நேரம் கூட இல்ல படம். குடிகாரன் ஒருத்தன், மாமா உதவி கேட்டு எழுதுன லெட்டரை லேட்டா படிக்கிறான், அங்கிருந்து ஓடுறான் பாருங்க ஒரு ஓட்டம், சண்டையும் கிட்டத்தட்ட டான்ஸ் தாளத்துல போகுது. இதுல அவரு பேசுறது குடிகாரன் பேச்சு, சாமுராய் வசனம் இல்ல, அதனாலயே ஒட்டுது.

இங்கதான் நான் சொல்ல வர்ற விஷயம். பழைய குரலை மறைச்சு ஜெயிச்சாருன்னு சொல்ல முடியாது, அந்தக் குரலுக்கு ஏத்த ஆளுங்களை தேடி போனாரு, அவங்க எல்லாம் சாதாரண ஜனங்க. உச்சம் 1943ல வந்த 'முஹோமட்சு நோ இஷ்ஷோ', இனாகாகி ஹிரோஷி இயக்கம். கோகுரா ஊர்ல ஒரு ரிக்‌ஷாக்காரன், படிப்பு கிடையாது, எவன்கூடவும் மல்லுக்கு நிப்பான், ஒரு ராணுவ கேப்டன் செத்ததுக்கு அப்புறம் அவரு மனைவியையும் பையனையும் பாத்துக்கறான், மனசுக்குள்ள அந்தம்மா மேல ஆசை, சொல்ல முடியாது. திருவிழாவுல முரசு அடிக்கிற சீன் ஒண்ணு இருக்கு, வாள் புடிச்ச காலத்து வேகம் மொத்தமும் அந்தக் குச்சில எறங்கும். மியாகாவா கசுவோ கேமரா, ரிக்‌ஷா சக்கரம் சுத்துற ஷாட் எல்லாம் அவரு வேலை.

ஆனா நாம பாக்குறது முழுப்படம் இல்ல. ராணுவ அதிகாரி விதவைகிட்ட ரிக்‌ஷாக்காரன் மனசைத் திறக்கறதான்னு போர்க்கால சென்சார் கிட்டத்தட்ட 10 நிமிஷத்தை வெட்டிருச்சு. போர் முடிஞ்சு ஜப்பான் அமெரிக்க ராணுவம் கைக்கு வந்துச்சு, ரஷ்யாவை ஜெயிச்ச கொண்டாட்ட ஊர்வலம் எல்லாம் இருக்கேன்னு அவங்க பங்குக்கு வெட்டுனாங்க. அந்த விதவையா நடிச்ச சோனோய் கெய்கோ 1945 ஆகஸ்ட்ல நாடகக் குழுவோட ஹிரோஷிமாவுல இருந்தாங்க, குண்டு விழுந்து ரெண்டு வாரத்துல செத்துட்டாங்க.

போருக்கு அப்புறம் வாள்சண்டைப் படத்துக்கே அமெரிக்கக்காரங்க கட்டுப்பாடு. மத்த வாள் ஹீரோக்கள் முழிச்சாங்க, இவருக்கு அது பெரிய பாதிப்பா தெரியல. 1948ல 'ஓஷோ', எழுதப் படிக்கத் தெரியாத ஒசாகா ஷோகி ஆட்டக்காரர் சகாடா சாங்கிச்சி, ஷோகின்னா அவங்க ஊரு செஸ். மனைவி சாகக்கிடக்கறா, இவரு தூரத்துல இருந்து போன்ல அவளுக்காக மந்திரம் சொல்றாரு. முகத்தை விட குரல்தான் அங்க வேலை பாக்குது, குரல் சரியில்லன்னு சொன்ன அதே ஆளு. அடுத்த வருஷம் கினோஷிடா கெய்சுகேயோட 'யாபுரே டைகோ', கோட் சூட் போட்டு வீட்டையே கத்தி மிரட்டுற அப்பா, காமெடி.

1953 ஜூலைல, ஒரு படம் நடிச்சுட்டு இருக்கும்போதே, மூளையில ரத்தக்கசிவு, 51 வயசு. பசங்கள்ல தகாஹிரோ, மசகாசு, ரியோ மூணு பேர் நடிகர்கள் ஆனாங்க. மசகாசு டிவில ஃபுருஹாதா நின்சபுரோங்கற போலீஸா வந்தாரு, அவரு பேசுற ஸ்டைலை ஜப்பான்ல மிமிக்ரி பண்ணாதவங்க கம்மி.

எதை முதல்ல பாக்கலாம்னா, 'ஒரோச்சி'யை பென்ஷி குரல் இருக்கற பிரிண்ட்ல பாருங்க, வெறும் பியானோ போட்டதுல பாதி போயிடும். ரிக்‌ஷாக்காரன் கதையை இனாகாகியே 1958ல மிஃபுனேயை வச்சு திரும்ப எடுத்து வெனிஸ் பட விழாவுல தங்கச் சிங்கம் விருது வாங்குனாரு, ரெண்டாவது ரோல் அதுதான். ஆனா 1943ஐ முதல்ல பாருங்க, 1958 அப்புறம். முதல் படத்துல வெட்டுனது என்னன்னு ரெண்டாவதுல தெரிஞ்சுடும்.